தழும்பு தெரியட்டும்

சாமிக்கு நன்றி சொல்லிவிட்டுத் திரும்பும் வழியில்தான் அந்தக் கார் சாலையை விட்டுப் பள்ளத்தில் பாய்ந்தது. பத்மாவுக்கு அப்போது 14 வயது. ஸ்டீவன்ஸ் ஜான்சன் என்று ஒரு கொடிய நோய் உண்டு. தோலும் வாயும் கண்ணும் வெந்து புண்ணாகிவிடும். அதில் விழுந்து, மருத்துவமனையில் கிடந்து, பிழைத்து வீடு வந்து இரண்டே நாள் ஆகியிருந்தது. பிள்ளை பிழைத்தாளே என்று கலிஃபோர்னியாவில் மலிபு பக்கத்துக் கோயிலுக்குக் குடும்பத்தோடு போனார்கள். திரும்பும்போது விபத்து. வலது இடுப்பு எலும்பு முறிந்தது, வலது மேல்கை எலும்பு நொறுங்கியது. அறுவை சிகிச்சையில் கை பிழைத்தது. முழங்கைக்கும் தோளுக்கும் நடுவே ஏழு அங்குலத்துக்கு ஒரு தழும்பு மிஞ்சியது.

மாடலும் தொலைக்காட்சித் தொகுப்பாளருமான பத்மா லட்சுமியைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் பாரிஸிலோ மிலானிலோ தொடங்குவார்கள். நான் அந்தக் கையில் தொடங்குவதற்குக் காரணம் என் சித்தி.

சித்திக்குச் சின்ன வயதில் கொதிக்கிற சாம்பார் கொட்டி இடது முன்கை வெந்துபோயிருந்தது. பெண் பார்க்க வருகிறார்கள் என்றால் பாட்டி முழுக்கை ரவிக்கையை எடுத்து வைப்பாள். சித்திரை வெயிலானாலும் அதுதான். காபித் தட்டை எப்படிப் பிடிப்பது என்று முதல் நாளே ஒத்திகை நடக்கும். வலது கை முன்னால், இடது கை தட்டுக்கு அடியில், தலைப்பை அந்தப் பக்கமாக இழுத்துவிட்டுக்கொள். சித்தி மறுபேச்சில்லாமல் செய்வாள். மறைப்பது தப்பு என்று வீட்டில் ஒருவருக்கும் தோன்றவில்லை. அது பெண்ணைக் காப்பாற்றுகிற காரியம் என்றே எல்லாரும் நினைத்தோம், நானும்தான்.

தொண்ணூறுகளின் கடைசியில், அமெரிக்காவிலிருந்து வந்த உறவினர் விட்டுப்போன பத்திரிகை ஒன்றில் பத்மாவின் படம் இருந்தது. கையில்லாத உடை. மாநிறம். கறுத்துத் தடித்த கோடாக அந்தத் தழும்பு, ஒளிவு மறைவே இல்லாமல். படத்தின் கீழே மெட்ராஸில் பிறந்தவர் என்று போட்டிருந்தார்கள். சித்தியிடம் காட்டினேன்.

"ஏண்டி, இவளுக்கு யாரும் முழுக்கை ரவிக்கை தச்சுக் குடுக்கலையா?" என்றாள். அப்புறம் அந்தப் பக்கத்தைத் திருப்பவே இல்லை.

தச்சுக் கொடுக்கத்தான் பார்த்தார்கள். மாசசூசெட்ஸ் மாநிலத்தின் கிளார்க் பல்கலைக்கழகத்தில் நாடகக் கலை படித்துக்கொண்டிருந்த பத்மா, படிப்பின் ஒரு பகுதியாக மாட்ரிட் நகரத்துக்குப் போயிருந்தார். அங்கே ஒரு காபிக் கடையில் மாடலிங் தரகர் ஒருவரின் கண்ணில் பட்டார். அப்போது வயது 21. அந்தத் தொழிலில் உடம்புதான் சரக்கு. தழும்பு உள்ள கையை வைத்துக்கொண்டு என்ன செய்வது? ஒப்பனையால் மூடுவதுதான் வழியாக இருந்தது. ஒரு நாள் ஹெல்முட் நியூட்டனிடம் படமெடுக்க வாய்ப்பு வந்தது. ஃபேஷன் புகைப்பட உலகத்தில் அவர் பெயரைச் சொன்னால் எழுந்து நிற்பார்கள். அந்த மனிதருக்குத் தழும்பு பிடித்துப்போனது. அது தெரியவே எடுத்தார். அதற்கு முன்பு அதே தழும்பைக் கண்டு தயங்கியவர்கள், படம் வந்த பிறகு அதையே கேட்டு வரத் தொடங்கினார்கள். எமானுவேல் உங்காரோ, ரால்ஃப் லாரன், அல்பெர்டா ஃபெரெட்டி என்று பெரிய பெயர்களுக்கெல்லாம் மேடை ஏறினார். வந்த பணத்தில் கல்லூரிக் கடனை அடைத்தார்.

கை அதே கைதான், தழும்பும் அதே ஏழு அங்குலம்தான். ஒரு பெரிய மனிதர் பார்த்து நல்லது என்று சொன்ன பிறகே ஊர் ஒப்புக்கொண்டது என்பது எனக்கு இன்றும் ஆறவில்லை. அப்படிச் சொல்ல ஓர் ஆள் வாய்க்காத பெண்கள் எத்தனை பேர்! பத்மாவுக்கும் இது தெரியும். பாரிஸ், மிலான், நியூயார்க் மூன்றிலும் தொழில் நடத்திய முதல் இந்திய மாடல் தான்தான் என்று சொல்லிக்கொள்ளும்போதே, தன்னை ஓர் அபூர்வப் பொருளாகத்தான் பார்த்தார்கள் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுவார்.

அவர் பிறந்தது 1970 செப்டம்பர் 1, நம் சென்னையில். இரண்டு வயதில் அப்பாவும் அம்மாவும் பிரிந்தார்கள். விவாகரத்து என்ற சொல்லையே குரலைத் தாழ்த்திச் சொன்ன காலம் அது. அம்மா விஜயா நர்ஸ். 1965ஆம் ஆண்டுக் குடியேற்றச் சட்டம் அமெரிக்காவின் கதவை ஆசியர்களுக்குத் திறந்துவிட்டிருந்தது. மருத்துவமனைகளுக்கு ஆள் தேவைப்பட்டது. குழந்தையைத் தாத்தா பாட்டியிடம் விட்டுவிட்டு அவர் முதலில் போனார். நான்கு வயதில் பத்மா நியூயார்க்கில் அம்மாவிடம் போய்ச் சேர்ந்தார். பிறகு கலிஃபோர்னியாவின் லா புவென்டே என்ற ஊர். அங்கே மெக்சிகோ குடும்பங்கள் அதிகம். கோடை விடுமுறைகளில் சென்னை, பாட்டியின் சமையலறை.

உயர்நிலைப் பள்ளியில் அவர் தன் பெயரை ஏஞ்சலிக் என்று மாற்றிக்கொண்டார். சக பிள்ளைகள் நிறத்தைச் சொல்லியும் நாட்டைச் சொல்லியும் கிண்டல் செய்த வயது. பத்மா என்று வகுப்பில் கூப்பிட்டால் தலை குனிய வேண்டியிருக்கிறது என்று நினைத்த பிள்ளை வேறென்ன செய்யும்? பத்மா என்ற அந்தப் பெயரைத்தான் பிற்காலத்தில் ஒரு தொலைக்காட்சிச் சமையல் போட்டியில் சீசன் சீசனாக, பதற்றத்தோடும் மரியாதையோடும் சமையல்காரர்கள் உச்சரித்தார்கள்.

தொலைக்காட்சிக்குள் அவர் நுழைந்தது இத்தாலி வழியாக. 1997இல் ராய் தொலைக்காட்சியின் 'தொமெனிக்கா இன்' நிகழ்ச்சியில் தொகுப்பாளர்களில் ஒருவரானார். ஞாயிற்றுக்கிழமைகளில் மணிக்கணக்கில் நேரலையாக ஓடும் நிகழ்ச்சி அது. அந்நிய மொழியில், நாடே சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து பார்க்கும் நேரத்தில், தடுமாறாமல் பேச வேண்டும். நிற்கவும் நடக்கவும் மட்டுமே கூப்பிடப்பட்ட பெண்ணுக்கு அதைவிட நல்ல பயிற்சிக் களம் இருந்திருக்க முடியாது. நடிப்பிலும் கால் வைத்தார். மரியா கேரியின் 'கிளிட்டர்', இந்தியில் அமிதாப் பச்சனோடு 'பூம்' என்று சில படங்கள். அவற்றைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. ஆனால் இத்தாலியில் நடித்த கடற்கொள்ளையர் தொடர் ஒன்றுக்காக எடை கூட்ட வேண்டியிருந்தது. முடிந்ததும் குறைக்க வேண்டியிருந்தது. குறைக்க அவர் சமைத்துச் சாப்பிட்ட உணவுகள் 1999இல் 'ஈஸி எக்சாடிக்' என்ற முதல் சமையல் புத்தகமாயின. கொழுப்புக் குறைந்த சமையல், அதுவும் ஒரு மாடலின் சமையல் என்று சொல்லித்தான் அட்டையிலேயே விற்றார்கள். எங்கள் தெருவில் யார் வீட்டிலும் கிடைக்கும் தாளிப்பு வாசனை அங்கே கவர்ச்சிச் சரக்கானது எனக்கு உறுத்தியது. ஆனால் அந்த வாசல் வழியாகத்தான் அவர் உள்ளே போக முடிந்தது.

2006இல் பிராவோ தொலைக்காட்சியின் 'டாப் செஃப்' போட்டியில், இரண்டாவது சீசன் முதல் தொகுப்பாளரும் நடுவருமானார். பக்கத்தில் டாம் கொலிக்கியோ, கெயில் சிம்மன்ஸ் போன்ற தொழில் தெரிந்தவர்கள். ஒரு மாடலுக்குச் சாப்பாட்டைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்டவர்கள் நிறைய. பட்டினி கிடக்கும் தொழிலிலிருந்து வந்தவர், இங்கே நாள் முழுக்கச் சாப்பிட வேண்டியிருந்தது. வேகப் போட்டியில் ஒரு சுற்று, நீக்கல் போட்டியில் இன்னொரு சுற்று, பத்துப் பதினைந்து தட்டுகள், அதற்குப் பிறகு மணிக்கணக்கில் நடுவர் மேசை. சீசன் தொடங்கும்போது போடுகிற உடை முடியும்போது பொருந்தாது. பெரிய அளவுகளையும் கையோடு தயாராக வைத்திருப்பார்கள். இதை அவர் வெளிப்படையாகச் சொன்னபோது எனக்கு மரியாதை கூடியது.

திரையில் அவர் நாக்கைக் கவனியுங்கள். ஒரு தட்டில் புளிப்பு போதவில்லை என்றால் முதலில் கண்டுபிடிப்பவர்களில் அவரும் ஒருவர். அது பாட்டி வீட்டு நாக்கு. வத்தக் குழம்பும் எலுமிச்சை ஊறுகாயும் மோர் மிளகாயும் தெரிந்த நாக்குக்கு, உப்பும் வெண்ணெயும் மட்டும் போட்ட பண்டம் பாதிச் சமையல்தான். 2007இல் வந்த அவருடைய இரண்டாவது புத்தகத்துக்குப் புளிப்பும் காரமும் இனிப்புமாகவே தலைப்பு வைத்தார். 2016இல் மசாலாப் பொருட்களுக்கும் மூலிகைகளுக்கும் ஒரு கலைக்களஞ்சியமே எழுதினார். 2010இல் டாப் செஃப் சிறந்த போட்டி நிகழ்ச்சிக்கான எம்மி விருதை வென்றது. 'தி அமேசிங் ரேஸ்' ஏழு ஆண்டு தொடர்ந்து பிடித்து வைத்திருந்த விருது அது. அடுத்த ஆண்டு, 'டாப் செஃப் மாஸ்டர்ஸ்' என்ற கிளை நிகழ்ச்சியின் இறுதிச் சுற்றில் மும்பைக்காரரான ஃப்ளாய்ட் கார்டோஸ் காளான் போட்டு உப்புமா செய்தே ஜெயித்தார். அதைத் தொகுத்தவர் பத்மா அல்ல. ஆனாலும் அமெரிக்கத் தொலைக்காட்சியில் உப்புமா கோப்பை வாங்கிய செய்தியைப் படித்தபோது எனக்கு இவர் நினைவுதான் வந்தது.

சல்மான் ருஷ்டியை 2004இல் மணந்தார், 2007இல் பிரிந்தார். இத்தனை ஆண்டு கழித்தும் நம் பத்திரிகைகள் அந்த மூன்று ஆண்டை முதல் வரியில் போட்டு, மற்றதையெல்லாம் கீழே தள்ளுவது அநியாயம்.

மேலே வர வேண்டியது இது. 13 வயதிலிருந்து மாதந்தோறும் அவர் வலியில் துடித்திருக்கிறார். எண்டோமெட்ரியோசிஸ் என்று பெயர் தெரிந்தது 36 வயதில். கருப்பையின் உட்படலம் போன்ற திசு கருப்பைக்கு வெளியே வளரும் நோய். பத்துப் பெண்களில் ஒருவருக்கு இருப்பதாக மருத்துவம் சொல்கிறது. இத்தனை பேருக்கு இருந்தும், பொம்பளைன்னா வலிக்கத்தான் செய்யும் என்ற ஒரே வாக்கியத்தில் எல்லா ஊரிலும் அதைப் புதைத்து வைத்திருக்கிறோம். 23 ஆண்டு வலியை அவர் பொத்தி வைக்கவில்லை. அறுவை செய்த டாக்டர் தாமெர் செச்கினோடு சேர்ந்து 2009இல் அமெரிக்க எண்டோமெட்ரியோசிஸ் அறக்கட்டளையைத் தொடங்கினார். குழந்தை பிறப்பது அரிது என்று சொல்லியிருந்தார்கள். 2010இல் மகள் பிறந்தாள்.

2018 செப்டம்பரில் அவர் நியூயார்க் டைம்ஸில் எழுதிய கட்டுரையைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அமெரிக்க உச்ச நீதிமன்றத்துக்கு முன்மொழியப்பட்ட நீதிபதி மீது ஒரு பெண் பழைய புகார் சொல்லியிருந்தார். அப்போதே ஏன் சொல்லவில்லை என்று அதிபரே கேட்டிருந்தார். பத்மா பதில் எழுதினார். 16 வயதில் தான் பாலியல் வன்முறைக்கு ஆளானதை, அத்தனை ஆண்டுக்குப் பிறகு, தன் பெயரைப் போட்டு. இன்னொன்றும் எழுதினார். ஏழு வயதில் ஓர் உறவுக்காரன் தகாத முறையில் தொட்டதை வீட்டில் சொன்னபோது, அவரைச் சென்னையில் தாத்தா பாட்டியிடம் ஓராண்டு அனுப்பிவிட்டார்கள். வாயைத் திறந்தால் வெளியே அனுப்பப்படுவோம் என்றே அந்தக் குழந்தை புரிந்துகொண்டது.

பாட்டியின் சமையலறையை அவர் கொண்டாடி எழுதியதையெல்லாம் அதற்குப் பிறகு நான் வேறு மாதிரிதான் வாசித்தேன். அந்த அடுப்படி அவருக்குப் புகலிடமாகவும் இருந்திருக்கிறது, தண்டனையாகவும் இருந்திருக்கிறது. தயிர் சாதத்தை ஆறுதல் என்று அவர் சொல்லும்போது, எதிலிருந்து ஆறுதல் என்று கேட்க வேண்டியிருக்கிறது.

2023 ஜூனில், 20ஆவது சீசனோடு டாப் செஃப்பிலிருந்து விலகுவதாக அறிவித்தார். அந்த ஆண்டே 'டைம்' இதழின் செல்வாக்குமிக்க நூறு பேர் பட்டியலில் இடம்பெற்றார். 52 வயதில் ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட் நீச்சலுடைச் சிறப்பிதழுக்கும் படமெடுத்துக்கொண்டார். இந்த முறை நல்லது என்று சொல்ல எந்த நியூட்டனும் தேவைப்படவில்லை.

ஆனால் அவர் செய்ததிலேயே சிறந்தது எது என்று கேட்டால், 2020இல் ஹுலு தளத்தில் தொடங்கிய 'டேஸ்ட் தி நேஷன்' என்பேன். டாப் செஃப்பில் வாரம் ஒருவரைப் பார்த்துக் கத்திகளைக் கட்டிக்கொண்டு கிளம்பச் சொல்வது அவர் வேலையாக இருந்தது. இதில் யாரையும் வெளியே அனுப்ப வேண்டியதில்லை. எல் பாசோ எல்லையில் பரிட்டோ சுருட்டுகிறவர்கள், தென் கரோலைனாவில் அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்த கல்லா கீச்சி மக்கள், அரிசோனாவின் அப்பாச்சிகள், கெமர் ரூஜ் ஆட்சியிலிருந்து தப்பி வந்து மாசசூசெட்ஸின் லோவெல் நகரில் குடியேறிய கம்போடியர்கள் என்று ஒவ்வொருவர் வீட்டு அடுப்படியிலும் போய் உட்கார்கிறார், கையால் சாப்பிடுகிறார். யார், எப்போது, எதனால் இங்கே வந்தார்கள் என்ற வரலாறு சாப்பாட்டோடு சேர்ந்தே வருகிறது. இந்தியர்களுக்கான பகுதி தோசையைப் பற்றியது. நியூயார்க்கின் ஜாக்சன் ஹைட்ஸில் நடக்கும் அந்தப் பகுதியில் சமையல் எழுத்தாளர் மதுர் ஜாஃப்ரி வருகிறார், அம்மா விஜயாவும் வருகிறார். அமெரிக்கக் குடிமை உரிமைகள் சங்கத்தின் தூதராகக் குடியேறிகளுக்காகப் பத்மா பேசும்போது, அவர் சட்டத்தை மேற்கோள் காட்டிக்கொண்டிருக்கத் தேவையில்லை. எழுபதுகளின் தொடக்கத்தில் மெட்ராஸிலிருந்து தனியாகக் கிளம்பிய அந்த நர்ஸுக்கு விசா மறுத்திருந்தால், இதில் எதுவுமே நடந்திருக்காது.