இன்னும் 118 கிலோமீட்டர்

என் காரில் ஒரு ஜோசியர் குடியிருக்கிறார். ஸ்டீயரிங்குக்குப் பின்னால், பெட்ரோல் முள்ளுக்குப் பக்கத்துப் போர்ஷன். டேங்கில் இருக்கிற பெட்ரோலுக்கு இன்னும் எத்தனை கிலோமீட்டர் போகலாம் என்று நாம் கேட்காமலேயே எண்ணாகக் காட்டிக்கொண்டிருப்பார். தட்சிணை வாங்குவதில்லை. சும்மா கிடைக்கிற ஜோசியத்தை நம்பக் கூடாது என்று எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வேலூரிலிருந்து அமிர்திக்குக் கிளம்பினோம். நான், மனைவி, எட்டு வயது மகன், மாமனார். பாகாயம் தாண்டும்போது மனைவி கேட்டாள்: "பெட்ரோல் இருக்கா?"

"140 கிலோமீட்டர் போகும்."

"நான் பெட்ரோலைக் கேட்டேன்."

என் மனைவி பள்ளிக்கூடத்தில் இயற்பியல் நடத்துகிறவள். அவளிடம் கிலோமீட்டரைக் காட்டி லிட்டர் என்று ஏமாற்ற முடியாது. நான் ஏசியைக் கொஞ்சம் கூட்டிவைத்துப் பேச்சை மாற்றினேன்.

பின்சீட்டில் மாமனார். அவர் ஓட்டிய பஜாஜ் ஸ்கூட்டரில் முள்ளும் கிடையாது, ஜோசியரும் கிடையாது. வண்டி இருமினால் ரிசர்வுக்குத் திருப்ப வேண்டும். மறுபடி இருமினால் ஒரு பக்கமாகச் சாய்த்து நிமிர்த்தி, மூலையில் ஒதுங்கிய சொட்டை வரவழைக்க வேண்டும். அதற்கும் மசியாவிட்டால் தள்ள வேண்டும். பிறகு வாங்கிய மாருதி 800-க்கு 28 லிட்டர் டேங்க். அதை நிறைத்த ஒவ்வொரு தேதியும் ஒரு நோட்டில் இருக்கிறது. எங்கள் கல்யாண ஆல்பம் எங்கே என்று கேட்டால் அந்த வீட்டில் யாருக்கும் தெரியாது. அந்த நோட்டு பீரோவில் பிரவுன் அட்டை போட்டு இருக்கிறது. டேங்கை நிறை, ஓட்டு, மறுபடி நிறை; இரண்டாவது தடவை எத்தனை லிட்டர் பிடித்ததோ அதால் ஓடிய தூரத்தை வகு. "இதுதான் மாப்ள மைலேஜ். மத்ததெல்லாம் வாய்ப்பேச்சு" என்பார்.

"கம்பெனிக்காரன் லிட்டருக்கு 20 சொல்றான் மாமா. டேங்க் 35 லிட்டர். ஃபுல் பண்ணா 700 கிலோமீட்டர்."

"அவன் எந்த ரோட்ல ஓட்டிப் பாத்தானாம்?"

ரோட்டிலேயே ஓட்டிப் பார்க்கவில்லை என்பதுதான் உண்மை. புனேயில் 1966-இல் தொடங்கிய ஏஆர்ஏஐ போன்ற ஆய்வுக்கூடங்களில் காரை உருளைகள் மேல் ஏற்றி, நின்ற இடத்திலேயே ஓடவிடுகிறார்கள். மணிக்கு 90 கிலோமீட்டருக்கு மேல் போவதில்லை. ஏசி கிடையாது. மேடு கிடையாது, குழி கிடையாது, குறுக்கே ஆடு கிடையாது, பின்சீட்டில் மாமனார் கிடையாது. பெண் பார்க்கப் போன அன்று தட்டு நிறைய இருந்த பஜ்ஜியில் நான் ஒன்றே ஒன்று எடுத்துக்கொண்டு "போதுங்க" என்றேன் அல்லவா, அந்த மாதிரி நிலவரத்தில் எடுத்த கணக்கு அது. பொய்யில்லை. ஆனால் அதை வைத்து மாத மளிகைக்கு லிஸ்ட் போட முடியாது.

கணியம்பாடி வழியாக அமிர்தி வேலூரிலிருந்து சுமார் 25 கிலோமீட்டர். ஜவ்வாது மலையின் அடிவாரத்தில் 1967-இல் அமைத்த சின்ன உயிரியல் பூங்கா இருக்கிறது. மகன் புள்ளிமானைப் பார்த்தான். புள்ளிமான் அவன் கையிலிருந்த முறுக்கைப் பார்த்தது. அருவிக்கு ஆசையாக நடந்தோம். நாங்கள் போன மாதத்தில் அருவி இருக்க வேண்டிய இடத்தில் பாறை மட்டும் இருந்தது. மணி பதினொன்றுகூட ஆகவில்லை.

"இவ்ளோ தூரம் வந்துட்டோம். அப்படியே மேல ஏறி ஜமுனாமரத்தூர் போய், ஏரியில படகு விட்டுட்டு வந்துடலாமே" என்றேன். ஜோசியர் 118 என்றார். நல்ல சகுனம்.

டீக்கடையில் தூரம் விசாரித்தேன். "தோ, நம்மியம்பட்டு தாண்டிப் போனா ஜமுனாமரத்தூர். கிட்டத்தான் கீது சார்" என்றார் கடைக்காரர். நம் முன்னோர் தூரத்தைக் காதம் என்றார்கள், கூப்பிடு தூரம் என்றார்கள். மலையில் இன்றும் புழக்கத்தில் இருக்கும் அளவை 'கிட்டத்தான்'. அதற்கு எத்தனை கிலோமீட்டர் என்று எந்த வாய்ப்பாட்டிலும் இல்லை.

ஏறத் தொடங்கினோம். இரண்டாவது கியர், சில வளைவுகளில் முதல் கியர். மகன் முன்பக்கம் எட்டிப் பார்த்து, தலைகீழாக ஏலம் விடுகிறவன் மாதிரி எண்ணை உரக்கச் சொல்லிக்கொண்டு வந்தான். "அப்பா, 97... அப்பா, 80... அப்பா, 61!"

ஓடியிருந்தது ஏழு கிலோமீட்டர். பிடித்துக்கொண்டது 57. கந்துவட்டிக்காரர்கூட முதல் மாதத்திலேயே இப்படிச் செய்யமாட்டார்.

"கார்ல ஏதோ கோளாறு" என்றேன்.

"கோளாறு இல்ல. டேங்க்ல இருக்கிற லிட்டரை, கடைசியா ஓடின தூரத்தோட சராசரியால பெருக்கிக் காட்டுது. வேலூர்லேருந்து தார் ரோட்ல நேரா வந்தோம், அதனால தாராளமாச் சொல்லுச்சு. இப்ப ஏறுறோம், பயந்து குறைக்குது. அதுக்குப் போன வழிதான் தெரியும். மலை வருதுன்னு அதுக்கு யார் சொன்னா?" என்றாள் மனைவி. ஆபத்து நேரத்தில் சில பேர் ஆறுதல் சொல்வார்கள். சில பேர் பாடம் எடுப்பார்கள்.

முள்ளோ வேறு கூத்து ஆடியது. வலப்பக்கம் திரும்பினால் ஏறியது, இடப்பக்கம் திரும்பினால் இறங்கியது. அதற்கும் பாடம் இருந்தது. டேங்குக்குள் பாத்ரூம் ஃப்ளஷ் தொட்டியில் இருப்பது போல ஒரு மிதவை. அதோடு ஒரு கம்பி. மிதவை ஏறி இறங்குவதற்குத் தகுந்தாற்போல மின்தடை மாறும், முள் அசையும். பெட்ரோல் குறைவாக இருந்தால் வளைவுக்கு வளைவு ஓரத்தில் போய் ஒதுங்கும். மிதவையும் கூடப் போகும்.

"அதுசரி, வேலூர்லேருந்து வர்ற வரைக்கும் முள் அவ்வளவா இறங்கவே இல்லையே? அப்புறம் மட்டும் ஏன் மடமடன்னு இறங்குச்சு?"

"டேங்க் சதுரமா இருக்காது. சீட்டுக்கு அடியில கிடைச்ச சந்துல எல்லாம் வளைஞ்சு நெளிஞ்சு உக்காந்திருக்கும். பானையில பாதி உயரம் தண்ணி இருந்தா, அது பாதிப் பானைத் தண்ணியா? வயிறு அகலம், அடி குறுகல். மேல ஒரு விரல் குறையறதுக்கும் அடியில ஒரு விரல் குறையறதுக்கும் வித்தியாசம் இல்லையா?"

இதைப் பானை வைத்துப் பொங்கிய என் பாட்டி கேட்டிருந்தால், "இதுக்கு எதுக்குடி படிப்பு?" என்றிருப்பாள்.

19 என்று காட்டியபோது ஆரஞ்சு விளக்கு எரிந்தது. ஓரமாக நிறுத்தினேன். செல்போனில் சிக்னல் இல்லை. மூக்கு மேலே பார்த்து நின்ற காரில் முள் அடிக்கோட்டில் படுத்துவிட்டது. மாமனார் யோசனை சொன்னார்: "வண்டியத் திருப்பி நிறுத்துங்க மாப்ள." திருப்பினேன். மூக்கு கீழே பார்த்ததும் முள் மெல்ல எழுந்து உட்கார்ந்தது. "பாத்தீங்களா, ஊறுது!" என்றார். டேங்கைக் கிணறாக நினைக்கும் தலைமுறை.

"கடைசிச் சொட்டு வரைக்கும் ஓட்டிப் பார்த்துடலாமா?" என்றேன்.

"பெட்ரோல் பம்ப் டேங்குக்குள்ளதான் முங்கிக் கிடக்கு. பெட்ரோல்தான் அதைச் சூடாகாமப் பாத்துக்குது. காய விட்டா பம்ப் போயிடும்."

எல்லாரும் இறங்கி ஒரு பாறையில் உட்கார்ந்தோம். இதே ஜவ்வாது மலைத்தொடரில் காவலூர் இருக்கிறது. அங்கே வைணு பாப்பு வானாய்வகத்தில் 2.3 மீட்டர் தொலைநோக்கி 1986 முதல் விண்மீன்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. அங்கே இருப்பவர்களுக்கு ஒளியாண்டுக் கணக்கில் தூரம் தெரியும். எனக்கு அடுத்த பெட்ரோல் பங்க் எவ்வளவு தூரம் என்று தெரியவில்லை.

என் முகத்தைப் பார்த்து மனைவிக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். ஆறுதலாக ஒரு கதை சொன்னாள். 1983 ஜூலை 23. ஏர் கனடாவின் போயிங் 767 ஒன்று 41,000 அடி உயரத்தில் பறக்கும்போது எரிபொருள் தீர்ந்து இரண்டு இன்ஜினும் நின்றுவிட்டன. விமானத்தில் எரிபொருள் காட்டும் கருவி வேலை செய்யவில்லை. டேங்கை அளவுகுச்சியால் அளந்துதான் கிளம்பினார்கள். அளந்தது சரி. லிட்டரை எடைக்கு மாற்றும்போது கிலோவுக்குப் பதில் பவுண்டுக் கணக்கைப் போட்டுவிட்டார்கள். வேண்டியதில் பாதிகூட இல்லை. கேப்டனுக்கு கிளைடர் ஓட்டத் தெரிந்திருந்ததால், கிம்லி என்ற ஊரின் பழைய ஓடுபாதையில் மிதந்தபடியே கொண்டுவந்து இறக்கினார். 69 பேரும் பிழைத்தார்கள். அந்த ஓடுபாதையில் அன்றைக்கு கார் பந்தயம் நடந்துகொண்டிருந்ததாம்.

"அப்ப அந்த கார்லேருந்து பெட்ரோல் வாங்கிக்கிட்டாங்களாம்மா?" என்றான் மகன். இந்தக் குடும்பத்தில் காரியத்தில் கண்ணாக இருப்பவன் அவன் ஒருவன்தான்.

அரை மணி நேரத்தில் ஒரு பெரியவர் பைக்கில் வந்தார். முன்னால் ஒரு சாமை மூட்டை. நின்று, காரை ஒரு சுற்றுப் பார்த்து, "இன்னா சார், எண்ணெ தீந்துட்ச்சா?" என்றார். ஒரே கேள்வியில் நோயைச் சொல்லிவிட்டார்.

"தீரல பெரியவரே. 19 கிலோமீட்டர் போகும்னு காட்டுது."

"யாரு காட்றது?"

பதில் சொல்லத் தெரியவில்லை. அவர் பைக்கை ஸ்டாண்டு போடாமல், கைப்பிடியைப் பிடித்து இப்படியும் அப்படியும் ஆட்டினார். டேங்குக்குள் 'களக், களக்' என்று கேட்டது. "அர டேங்க்கு கீது. ஒரு லிட்டர் எடுத்துக்கோ" என்றார். மாமனாரின் கண்கள் விரிந்தன. நோட்டு, முள், ஜோசியர் எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிடும் ஒரு கருவியை அவர் அன்றுதான் மறுபடி பார்த்தார். அவரும் ஒரு காலத்தில் ஸ்கூட்டரை ஆட்டியவர்தானே.

பெரியவர் பையிலிருந்து ஒரு டியூப் வந்தது. தண்ணீர் பாட்டில் எங்களுடையது. இன்னொரு பாட்டிலின் கழுத்தை அறுத்துப் புனல் செய்தோம். பணம் கொடுத்தபோது பங்க் விலைக்கு மேல் ஒரு ரூபாயும் வாங்க மறுத்துவிட்டார். "மேல போவாத சார். அங்க போறதுக்குள்ள இதும் தீந்துடும். எறங்கிடு. எறக்கத்துக்கு இன்னா செலவு?"

இறங்கினோம். இப்போது மாமனாருக்கு ஸ்கூட்டர் காலம் முழுசாகத் திரும்பியிருந்தது. "நியூட்ரல்ல போட்டு இன்ஜினை ஆஃப் பண்ணிடுங்க மாப்ள. சொட்டுப் பெட்ரோல் செலவாகாது."

"அப்பா, இன்ஜினை ஆஃப் பண்ணா பிரேக் கல்லு மாதிரி ஆயிடும், ஸ்டீயரிங் இறுகிடும். கியர்ல வெச்சே ஆக்சிலரேட்டர்லேருந்து காலை எடுத்தா போதும். சக்கரமே இன்ஜினைச் சுத்த வைக்கும். பெட்ரோல் பீய்ச்சுறதைக் காரே நிறுத்திடும். நியூட்ரல்ல போட்டாத்தான் இன்ஜின் அணையாம இருக்கப் பெட்ரோல் குடிக்கும்."

மாமனார் சிறிது நேரம் பேசவில்லை. நாற்பது வருஷமாக இறக்கத்தில் மிச்சம் பிடித்ததை எல்லாம் மனசுக்குள் மறுகணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

இறக்கத்தில் ஜோசியருக்குச் சுக்கிர திசை. மகனின் ஏலம் இப்போது நேராக ஏறியது. "24... 33... 47!" ஓட ஓடப் பெட்ரோல் கூடிக்கொண்டே போகும் அதிசய வண்டியில் நாங்கள் அமிர்தி வந்து சேர்ந்தோம்.

வேலூர் போகும் வழியில் முதலில் தென்பட்ட பங்க்கில் நுழைந்தேன். தவறான பக்கம் நிறுத்தப் போனேன். முள்ளுக்குப் பக்கத்தில் இருக்கும் சின்ன அம்புக்குறியை மனைவி விரலால் தட்டினாள். பெட்ரோல் மூடி எந்தப் பக்கம் என்று சொல்லும் குறி அது. 1986-இல் ஃபோர்டு கம்பெனியின் ஜிம் மொய்லன், மழையில் தவறான பக்கம் நிறுத்தி நனைந்த பிறகு யோசித்ததாம். நனைந்த மனிதன் சொன்னதால்தானோ என்னவோ, காரில் பொய் சொல்லாத ஒரே குறி அதுதான்.

"ஜீரோ பாத்துக்குங்க சார்" என்றான் பங்க் பையன்.

34.8 லிட்டரில் குழாய் தானாக நின்றது. "ரவுண்டா போடுப்பா" என்றார் மாமனார். பையன் இன்னும் இன்னும் என்று கொஞ்சம் கொஞ்சமாக விட்டான். 36.4.

"35 லிட்டர் டேங்க்ல 36.4 எப்படிப்பா பிடிக்கும்? மீட்டர் சரியில்ல. அஞ்சு லிட்டர் கேனைக் கொண்டா!"

முத்திரையிட்ட ஐந்து லிட்டர் அளவை ஒவ்வொரு பங்க்கிலும் இருக்க வேண்டும். கேட்டால் காட்ட வேண்டும். கூடக் குறைய 25 மில்லி வரை அனுமதி. பையன் முகம் சுளிக்காமல் கொண்டுவந்து பிடித்தான். கோட்டில் துல்லியமாக நின்றது.

"அளவு சரிதான்ப்பா. 35-ன்னு எழுதினா அது வாய் வரைக்கும் இல்ல. பெட்ரோல் விரியவும் ஆவி நிக்கவும் மேல இடம் விட்டுத்தான் கணக்குச் சொல்லுவாங்க. குழாய் நின்ன பிறகும் ஊத்தி அந்த இடத்தை நீங்க ரொப்பிட்டீங்க. ஆவியை வாங்கிக்க ஒரு கரி டப்பா இருக்கு. அதுல பெட்ரோலே போய்ச் சேர்ந்தா அது கெட்டுடும்."

ஆக, டேங்கின் கொள்ளளவு என்பதும் ஒருவருடைய அபிப்பிராயம்தான். மைலேஜ் இன்னொருவருடைய அபிப்பிராயம். இரண்டையும் பெருக்கி எனக்குக் கிடைத்த 700 என்ற சொத்தை அங்கேயே தலைமுழுகினேன்.

காரை ஸ்டார்ட் செய்தேன். ஜோசியர் கண்ணைத் திறந்தார். 930!

வேலூரிலிருந்து கன்னியாகுமரி போய், சூரியோதயம் பார்த்துவிட்டு, மதுரை வரைக்கும் திரும்பி வரலாம். எல்லாம் ஒரு மலை இறங்கிய தெம்பு.

கிளம்பப் போகும்போது பின்கதவு திறந்தது. மாமனார் இறங்கினார். காரின் பின்பக்கம் போய், வேட்டியை மடித்துக் கட்டி, இரண்டு கையாலும் காரைப் பிடித்து ஆட்டினார். காதை வைத்துக் கேட்டார். மறுபடி ஆட்டினார். பங்க் பையன் குழாயைக் கையில் பிடித்தபடியே நின்றுவிட்டான்.

"சத்தமே வரலையே மாப்ள!"

மனைவி ஜன்னலை இறக்கினாள்.

"நிறைகுடம்ப்பா. ஏறுங்க."

ஸ்டீயரிங்குக்குப் பின்னால் 930 மினுக்கிக்கொண்டிருந்தது.