சாம்பியனின் அப்பா என்கிற உத்தியோகம்

2024 டிசம்பர் 12 அன்று, சிங்கப்பூரில், 18 வயது குகேஷ் சீனாவின் டிங் லிரெனை வென்று உலக செஸ் சாம்பியன் ஆனார். அன்று இரவு சென்னையில் எத்தனை தகப்பன்மாருக்கு இந்த யோசனை வந்ததோ, எனக்கும் வந்தது. செஸ்ஸுக்கு மைதானம் வேண்டாம், ஷூ வேண்டாம், விடிகாலையில் எழுந்து வெளிச்சுற்றுச் சாலையில் பிள்ளையின் பின்னால் ஓட வேண்டாம். மகள் உட்கார்ந்த இடத்திலேயே உலக சாம்பியன் ஆகிவிடலாம். நானும் உட்கார்ந்த இடத்திலேயே உலக சாம்பியனின் அப்பா ஆகிவிடலாம். உட்கார்ந்து செய்கிற எந்த வேலைக்கும் எனக்குப் பிறவித் திறமை உண்டு.

ஆனாலும் எதையும் முழுக்கப் படித்துத் தெரிந்துகொள்ளாமல் இறங்குவது என் வழக்கமில்லை. இறங்காமலே இருந்துவிட அது ஒரு நல்ல வழி. ஆகவே சாம்பியன்களின் வாழ்க்கையில் அப்பா வருகிற பக்கங்களை மட்டும் தேடித் தேடிப் படித்தேன்.

முதலில் அகப்பட்டவர் கியூபாவின் கபாபிளாங்கா, 1921 முதல் 1927 வரை உலக சாம்பியன். அவருக்கு ஆட்டத்தை யாரும் சொல்லித்தரவே இல்லையாம். நாலு வயதில், அப்பாவும் அவர் நண்பரும் ஆடுவதைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறார். அப்பா குதிரையைத் தப்பான கட்டத்தில் வைத்ததைக் கையும் களவுமாகப் பிடித்தார். பிறகு உட்கார்ந்து அப்பாவையே தோற்கடித்தார். ஆக, அப்பாவிடம் எதிர்பார்க்கப்பட்ட தகுதி, குதிரையைத் தப்பாக நகர்த்துவது ஒன்றுதான். இவ்வளவு பொருத்தமான உத்தியோகம் எந்த விளம்பரத்திலும் என் கண்ணில் பட்டதில்லை. மாடி வீட்டு சாரைக் கூப்பிட்டு, மகள் பார்க்கும்படி கூடத்தில் பலகையை விரித்தேன். குதிரையைக் கோணாமல், நேர்கோட்டில், முழு நம்பிக்கையோடு ஓட்டினேன். மகள் கவனிக்கவில்லை. மாடி வீட்டு சாரும் கவனிக்கவில்லை என்பதுதான் கூடுதல் வருத்தம்.

அடுத்து நம் ஆனந்த். மயிலாடுதுறையில் பிறந்தவர், 1988-ல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர், ஐந்து முறை உலகப் பட்டம். ஆறு வயதில் அவருக்கு ஆட்டம் சொல்லிக்கொடுத்தவர் அம்மா சுசீலா. அப்பாவின் ரயில்வே உத்தியோகத்தால் குடும்பம் கொஞ்ச காலம் மணிலாவில் இருந்தது. அங்கே தொலைக்காட்சியில் பகல் நேரத்தில் ஒரு செஸ் நிகழ்ச்சி. முடிவில் ஒரு புதிர். பையன் பள்ளிக்கூடத்தில் இருக்க, அம்மா அதைப் பார்த்துக் குறித்துவைப்பார். சாயங்காலம் இருவரும் உட்கார்ந்து விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசு ஒரு புத்தகம். வாராவாரம் இவனே பரிசைத் தட்டிக்கொண்டு போக, கடைசியில் நிகழ்ச்சிக்காரர்களே அழைத்து, வேண்டிய புத்தகங்களை எடுத்துக்கொள், தயவுசெய்து இனி விடை அனுப்பாதே என்று சொல்லிவிட்டார்கள்.

இந்தப் பகுதியை மட்டும் சத்தமாகப் படித்தேன். அம்மாதானே எல்லாம் செய்திருக்கிறார் என்கிற பாவனையில் மனைவியைப் பார்த்தேன்.

“அவங்க பகல்ல டிவி பார்த்தாங்க. நான் பகல்ல ஆபீஸ்ல இருக்கேன். நீங்கதான் வீட்ல இருந்து வேலை பாக்கறீங்க. பகல் பூரா டிவி ஓடற சத்தம் கேக்குதுன்னு மாடி வீட்டு மாமியும் சொல்றாங்க” என்றாள்.

மாடி வீட்டில் குதிரையைத் தவிர மற்ற எல்லாவற்றையும் கவனிக்கிறார்கள்.

டிவி என்றதும் வைஷாலி ஞாபகம் வந்தது. சின்ன வயதில் டிவியே கதி என்று கிடக்கிறாள் என்பதற்காகத்தான் பெற்றோர் அவரைச் செஸ் வகுப்பில் சேர்த்தார்கள். அக்கா ஆடுவதைப் பார்த்துத் தம்பி பிரக்ஞானந்தாவும் வந்து உட்கார்ந்தான். அந்த அக்கா 12 வயதில், 2013-ல் சென்னைக்கு வந்த நார்வேயின் கார்ல்சன் ஒரே நேரத்தில் பலரோடு ஆடியபோது, அவரைத் தோற்கடித்தார். தம்பி 2016-ல், பத்து வயதில், அன்றைக்கு உலகின் மிக இளைய சர்வதேச மாஸ்டர். உலகிலேயே இருவரும் கிராண்ட்மாஸ்டர் ஆன முதல் அக்கா-தம்பி இவர்கள்தான். ஒரு டிவியை அணைத்ததில் ஒரு வீட்டுக்கு இரண்டு கிராண்ட்மாஸ்டர்! எங்கள் வீட்டிலும் டிவியை அணைத்துப் பார்த்தோம். அதனால் பாதிக்கப்பட்டவன் நான் ஒருவன்தான்.

அதோடு முடியவில்லை. அவர்களுடைய அம்மா நாகலட்சுமி வெளிநாட்டுப் போட்டிகளுக்குக் குக்கரும் மசாலாப் பொடிகளும் எடுத்துப்போய், போன இடத்தில் சாதமும் ரசமும் வைத்துக்கொடுப்பவர். 2023-ல் பாகுவில் பிரக்ஞானந்தா உலகக் கோப்பை இறுதிவரை போனபோது, கூட்டத்துக்கு ஓரமாக நின்று மகனைப் பார்த்துப் பூரித்த அந்த அம்மாவின் படத்தை நாடே பார்த்தது. இதைப் படித்து முடித்த மனைவி, எங்கள் வீட்டுக் குக்கரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். என் ரசத்தைப் பற்றி அவளுக்குத் தெரியும். பாகுவில் அதைக் குடித்திருந்தால் பிள்ளை முதல் சுற்றிலேயே திரும்பியிருப்பான்.

குகேஷின் அப்பா காது மூக்கு தொண்டை மருத்துவர். மகனை ஊர் ஊராக அழைத்துப்போவதற்காக நன்றாக நடந்துகொண்டிருந்த தொழிலையே நிறுத்திவிட்டார். நுண்ணுயிரியல் படித்த அம்மாவின் சம்பளத்தில் குடும்பம் ஓடியது. பையன் 2019-ல், 12 வயது 7 மாதத்தில், கிராண்ட்மாஸ்டர். உலகிலேயே மிக இளையவர் என்கிற பெயர் 17 நாள் வித்தியாசத்தில் போயிற்று. இந்தப் பக்கத்தை நான் படிக்காமல் புரட்டிவிடத்தான் பார்த்தேன். மனைவி தோளுக்குப் பின்னால் நின்று படித்துவிட்டாள். மருத்துவர் தொழிலை நிறுத்தினால் நோயாளிகளுக்குத் தெரியும். நான் வேலையை நிறுத்தினால் எங்கள் அலுவலகத்தில் சம்பள நாள்வரை யாருக்கும் தெரியாது. இதைத் தியாகம் என்று எப்படிக் கூசாமல் சொல்லிக்கொள்வது?

மகள் வகுப்பில் சேர்ந்தாள். வீட்டுக்குச் சட்டங்கள் வரத் தொடங்கின. தொட்ட காயை நகர்த்தியே ஆக வேண்டும் என்பது அதில் முதல் சட்டம். ஒருநாள் வழியில் கிடந்த விளக்குமாற்றைக் கையால் எடுத்து ஓரமாக வைத்தேன். “தொட்டுட்டீங்கப்பா” என்றாள். நகர்த்தி வைக்கத்தான் தொட்டேன் என்றேன். “சரி பண்ணப் போறேன்னு தொடறதுக்கு முன்னாடியே சொல்லணும். அப்புறம் சொன்னா செல்லாது.” விதிப்புத்தகத்திலும் அப்படித்தான் இருக்கிறது. கூடம் முழுவதும் பெருக்கினேன்.

இப்போதெல்லாம் அவளோடு ஆடினால் நான் தோற்பது வழக்கமாகிவிட்டது. 1971-ல் வான்கூவரில் பாபி ஃபிஷரிடம் ஆறு ஆட்டம் ஆடி ஆறிலும் தோற்றார் சோவியத்தின் மார்க் தைமனோவ். அவராவது பேர்பெற்ற பியானோ கலைஞர். ஆறுதலுக்கு இசை இருந்தது. எனக்குக் குளியலறைதான் இருக்கிறது. அங்கேயும் பாட வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார்கள். சர்வதேச செஸ் கூட்டமைப்பு 2024 முதல் 1400-க்குக் கீழே யாருக்கும் ரேட்டிங் தருவதில்லை. என் ஆட்டம் அவர்களுடைய அளவுகோலுக்கு அப்பாற்பட்டது என்று வெளியில் சொல்லிக்கொள்ள இந்த விதி உதவுகிறது.

ஸ்மிஸ்லோவைக் காட்டியும் வாதாடிப் பார்த்தேன். அறுபது வயதைத் தாண்டியபின், 1984-ல், உலகப் பட்டத்துக்கான தகுதிப் போட்டியின் இறுதிச் சுற்றில் இளைஞன் காஸ்பரோவோடு மோதினார் அந்த மனிதர். எனக்கு இன்னும் காலம் இருக்கிறது என்றேன். “அவர் 1957-லயே உலக சாம்பியன். நீங்க ஆரம்பிச்சீங்களா?” என்றாள் மகள். பிள்ளைகளுக்கு வரலாறு தெரியாத காலம்தான் நல்ல காலம்.

போன மாதம் வெளியூரில் போட்டி. பஸ்ஸில் ஐந்து மணி நேரம், முதுகு தாங்காது என்று முனகினேன். ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் விமானங்கள் நின்றுபோன 2010-ல், உலகப் பட்டப் போட்டிக்காக ஆனந்த் ஃபிராங்க்ஃபர்ட்டிலிருந்து சோஃபியாவுக்கு ஏறத்தாழ 40 மணி நேரம் சாலை வழியாகப் போனதையும், முதல் ஆட்டத்தில் தோற்றும் கடைசி ஆட்டத்தில் கறுப்புக் காய்களோடு டோபலோவை வென்று பட்டத்தைக் காத்ததையும் மனைவி எடுத்துச் சொன்னாள். எல்லாம் நான் வாங்கிவைத்த புத்தகங்களில் படித்ததுதான். பஸ் ஏறினேன்.

மண்டபத்துக்குள் பெற்றோருக்கு அனுமதி இல்லை. வராண்டாவில் ஏற்கெனவே நூறு அப்பா அம்மாக்கள் இருந்தார்கள். மின்விசிறி ஒன்று, அதன் கீழ் நாற்காலிகள் நாலு. அனுபவசாலிகள் வாசல் திறக்கும் முன்பே வந்து அவற்றைப் பிடித்துவிடுகிறார்கள். நான் சாயங்காலம்வரை தூணில் சாய்ந்தபடி நின்றேன்.

அடுத்த போட்டி வருகிற ஞாயிற்றுக்கிழமை. இதைப் படிக்கிற செஸ் பெற்றோர் யாராவது முன்னதாகப் போய்ச் சேர்ந்தால், விசிறிக்குக் கீழே எனக்கும் ஒரு நாற்காலியில் துண்டைப் போட்டு வையுங்கள். பதிலுக்கு நான் ரசம் கொண்டுவர மாட்டேன்.