வேலிச் சண்டையைப் பொலிஸில் கொடுப்பது எப்படி?

கல்முனையிலும் சாய்ந்தமருதிலும் ஒரு பெர்ச் காணி என்ன விலை போகிறது என்று உங்களுக்குத் தெரியும். அரை அடி வேலி நகர்ந்தால் எவ்வளவு நட்டம் என்றும் தெரியும். அந்த அரை அடிக்காக முழு வளவையும் சிக்கலில் மாட்டுவது எப்படி என்று நான் சொல்லித் தருகிறேன். பாதி வேலையை ஏற்கெனவே முடித்திருப்பீர்கள்.

1. உறுதியைத் தேடாதீர்கள். சேர்வேயரையும் கூப்பிடாதீர்கள், அவர் அளந்தால் யாருடைய வேலி நகர்ந்தது என்று தெரிந்துவிடும். நேரே பொலிஸுக்குப் போங்கள்.

2. போகுமுன் ஆள் பிடியுங்கள். முன்னாள் மாநகர சபை உறுப்பினர் ஒருவர் போதும். “ஓஐசிக்கு ஒரு கோல் போடுங்க நானா.”

3. ‘வேலியைத் தள்ளிக் கட்டினான்’ என்று மட்டும் சொன்னால் யார் எழுதுவார்? ‘கத்தியோடு வந்தான்’ என்று சேருங்கள். கைமாற்றாகக் கொடுத்த காசு திரும்பி வரவில்லையா? ‘நம்பிக்கை மோசடி’ என்று போடுங்கள். பொய்த் தகவல் கொடுத்து அரச ஊழியரை இன்னொருவர்மீது ஏவிவிடுவது தண்டனைச் சட்டக்கோவையின் 180ஆம் பிரிவில் குற்றம்தான். அதெல்லாம் மற்றவர்களுக்கு. வேலிக்கு அந்தப் பக்கம் இருப்பது உங்கள் சகலன். மாமி தன் வளவைப் பிரித்து மகள்மாருக்குச் சீதன வீடு கட்டிக் கொடுத்தபோது இரண்டு வீட்டுக்கும் ஒரே கிணறுதான் விட்டார். இனி யார் முதலில் தண்ணீர் அள்ளுவது என்பதற்கும் ஒரு முறைப்பாடு எழுதலாம்.

4. வாக்குமூலம் சிங்களத்தில் எழுதப்பட்டால் வாசித்துக் காட்டச் சொல்லாதீர்கள். வடக்கு, கிழக்கின் நிர்வாக மொழி தமிழ் என்று அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை சொல்வது உண்மைதான். அதற்காகக் கையெழுத்தைத் தாமதிக்கலாமா?

5. காணி யாருடையது என்று பொறுப்பதிகாரியையே தீர்க்கச் சொல்லுங்கள். 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு பொலிஸுக்குக் கொடுத்திருப்பது சின்ன வேலை: காணித் தகராற்றில் அமைதி குலையும் என்று கண்டால் தாமதமின்றி நீதிமன்றத்துக்குத் தகவல் கொடுப்பது. அந்த நீதிமன்றமே உரித்தைத் தீர்ப்பதில்லை. யார் கையில் காணி இருக்கிறது என்பதைத்தான் பார்க்கும். இராமலிங்கம் எதிர் தங்கராஜா வழக்கில் 1982இல் உயர் நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொன்னது. நீதவான் செய்யாததை சப் இன்ஸ்பெக்டர் செய்துதர வேண்டும். அதற்குத்தானே அந்த கோல்!

6. “ஒரு ராவுக்கு உள்ளே போடுங்க சேர்” என்று கேளுங்கள். சகலன் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுப் போட்டால் மாட்டுவது சேர்தான், உங்களுக்கென்ன?

7. மத்தியஸ்த சபைப் பக்கம் போகாதீர்கள். 1988இன் 72ஆம் இலக்கச் சட்டத்தால் வந்தது. சட்டத்தரணி வந்து பேச முடியாது, இரண்டு பேருமே சம்மதிக்க வேண்டும். சகலன் தோற்காத தீர்ப்பு எதற்கு?

8. இதுதான் முக்கியம்: இழுங்கள். சகலன் பலவந்தமாக உங்களை வெளியேற்றினால், அன்றிலிருந்து இரண்டு மாதத்துக்குள் விஷயம் ஆரம்ப நீதிமன்றத்தை எட்டவேண்டும். எட்டினால் காணியைத் திருப்பிக் கையளிக்கக் கட்டளை வாங்கலாம். பொலிஸ் கொடுக்காவிட்டால் சத்தியக் கடதாசியோடு நீங்களே தகவல் கொடுக்கலாம். கொடுக்காதீர்கள். “திங்கள் வாங்க” என்றால் திங்கள் போங்கள். பெரியவர் லீவு என்றால் அடுத்த திங்கள். நோன்பு வந்தால் பெருநாள் கழியட்டும். முறைப்பாட்டுத் துண்டுகளை மட்டும் பத்திரமாகச் சேர்த்து வையுங்கள்.

9. மூன்றாம் மாதம் பொறுப்பதிகாரி கொப்பியை மூடிவிட்டு, “இது சிவில் கேஸ், கோட்டுக்குப் போங்க” என்பார். அதிர்ச்சியடையுங்கள். பிறகு மாவட்ட நீதிமன்றத்தில் உரித்து வழக்கைப் போட்டு, இளைய மகளுக்கு மாப்பிள்ளை பேசும்போது சீதனப் பட்டியலில் வழக்கிலக்கத்தையும் சேர்த்துவிடுங்கள்.