குடிபெயர்ப்பாளர்

வீடு மாறுகிறவர்களை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். ஊர் மாறுகிறவர்களையும் பார்த்திருக்கிறோம். ஆனால் தாய் தகப்பன், பெண்டு பிள்ளை, பூனை, பூந்தொட்டி, படித்த வித்தை, பழகிய சமையல் ஆகிய சகலத்தையும் மூட்டை கட்டி, ஓர் உலகத்தினின்று அதைப் போலவே இருக்கும் வேறோர் உலகத்துக்குக் கொண்டுபோய் இறக்குவதும், இறக்கிய கையோடு மூன்றாவதாக ஓர் உலகத்தைத் திறந்துவைப்பதுமாகவே தமது ஓய்வு நேரம் முழுவதையும் கழிக்கிற மகானுபாவரை, 'சிம்ஸ்' என்னும் கணினி விளையாட்டை ஆடுகிறவர்களின் கூட்டத்தில்தான் காண முடியும். கூட்டம் எந்தத் தேசத்தைச் சேர்ந்ததானாலும் அதில் இவர் ஒருவர் இருந்தே தீருவார். கல்லூரி மாணவராக இருக்கலாம், வங்கி உத்தியோகஸ்தராக இருக்கலாம், பேரன் பேத்தி எடுத்த பாட்டியாகவும் இருக்கலாம். வயது வேறுபட்டாலும் லட்சணம் ஒன்றே. சௌகரியத்தை உத்தேசித்து அவரைக் குடிபெயர்ப்பாளர் என்று அழைப்போம்.

விளையாட்டை அறியாத வாசகர்களுக்கு இரண்டொரு வார்த்தை சொல்லிவிட வேண்டும். 1991ஆம் ஆண்டில் கலிபோர்னியாவின் ஓக்லாந்துக் குன்றுகளில் மூண்ட பெருந்தீயில் தம் வீட்டைப் பறிகொடுத்த வில் ரைட் என்பவர், எரிந்துபோன சாமான்களுக்குப் பதிலாக ஒவ்வொன்றாக வாங்கிச் சேர்க்கும்போது, ஒரு மனிதன் வாழ்வதற்கு உண்மையில் என்னென்ன சாமான் வேண்டும் என்று சிந்திக்கலானார். அந்தச் சிந்தனைக்கு அவர் பிறகு கொடுத்த உருவமே 2000ஆம் ஆண்டில் வெளிவந்த 'தி சிம்ஸ்'. இதில் ஜெயமும் இல்லை, தோல்வியும் இல்லை. சிம் என்கிற சின்ன மனிதர்களைப் படைக்கலாம், வீடு கட்டிக் குடிவைக்கலாம், வேலைக்கு அனுப்பலாம், விவாகம் செய்துவைக்கலாம், மனம் வக்கரித்தால் நீச்சல் குளத்தில் இறக்கிவிட்டு ஏணியை எடுத்தும் விடலாம். அவர்கள் பேசுவது யாருக்கும் விளங்காத சிம்லிஷ், செலவழிப்பது சிமோலியன், நாம் ஆட்டுவிக்கிற சிம்மின் தலைக்கு மேலே பச்சை ரத்தினம் ஒன்று சுழன்றுகொண்டிருக்கும். நான்காம் பதிப்பு 2014 செப்டம்பரில் வந்தது. 2022 அக்டோபரில் அதன் அடிப்படை ஆட்டத்தை இலவசமாகவே கொடுத்துவிட்டபடியால், குடிபெயர்ப்பாளர் வம்சம் பெருகுவதற்குப் பணம் ஒரு தடை என்று சொல்ல வழியில்லாமற் போயிற்று.

இந்த ஆட்டத்தில் 'சேவ்', அதாவது சேமித்துவைத்த ஆட்டம், வெறும் அடையாளக் குறிப்பு அல்ல; ஒவ்வொரு சேவும் ஒரு தனிப் பிரபஞ்சம். ஆட்டத்தோடு கூடவே வருகிற சிம்மான மார்ட்டிமர் காத் ஒன்றில் மூப்படைந்து மாண்டிருந்தாலும், மற்றொன்றில் வில்லோ கிரீக் என்னும் ஊரில் தம் மாளிகையில் சௌக்கியமாகப் பேப்பர் படித்துக்கொண்டிருப்பார். ஒன்றுக்கு மற்றொன்று இருப்பதே தெரியாது. சாமானியர் ஒரு சேவில் ஒரு குடும்பத்தை வைத்துக்கொண்டு, அது நல்லபடியாகப் போனாலும் கெட்டுப் போனாலும் அதோடு காலந்தள்ளுவார். குடிபெயர்ப்பாளருக்கு அப்படிப்பட்ட பொறுமை கிடையாது. அவருடைய சிம்மின் அடுத்த வீட்டுக்காரர், அவர் பாராத சமயத்தில் ஆட்டம் தானாகவே நடத்தும் ஊர்க் கதையில் அகப்பட்டு, வேலையை உதறிவிட்டு, யாரையும் கேட்காமல் இரண்டு குழந்தைகளையும் ஒரு நாயையும் தத்தெடுத்திருப்பார். அந்தக் கணமே ஊர் கெட்டுவிட்டது என்று இவர் தீர்மானித்துவிடுவார். அல்லது புதிய விரிவுத் தொகுப்பு ஒன்று விலைக்கு வந்து, அதில் கடற்கரையோ பனிமலையோ இருந்துவிட்டால், அந்தப் புதிய நிலத்தைப் பழைய சேவில் மிதிப்பது அபசாரம் என்று அவருக்குத் தோன்றிவிடும். ஆகவே புதிய சேவ், ஆகவே குடிபெயர்ச்சி.

மூட்டை கட்டுகிற விதத்தை அருகிலிருந்து பார்த்தால்தான் அவருடைய மேதா விலாசம் விளங்கும். குடும்பத்தை 'எனது லைப்ரரி' என்கிற பகுதியில் சேமித்துவிட்டால், அதை எந்தச் சேவில் வேண்டுமானாலும் எடுத்து வைக்கலாம் என்பது ஆட்டத்தின் ஏற்பாடு. உருவம், உடை, சுபாவம், கற்ற வித்தை எல்லாம் கூடவே வரும்; ஒரே குடும்பமாகச் சேமிக்கப்பட்டவர்களுக்குள் இருக்கிற உறவும் சிதையாமல் வரும். வராதது ஒன்றுதான்: அந்தக் குடும்பத்துக்கு வெளியே இருப்பவர்களோடு உள்ள பந்தம். தனிக்குடித்தனம் போன தம்பி, தெருக்கோடிச் சிநேகிதன், பிரிந்துபோன மனைவி, மாண்டுபோன பாட்டன் எல்லோரும் வம்ச விருட்சத்திலிருந்து அப்படியே உதிர்ந்துவிடுவார்கள். இதற்குப் பரிகாரமாக அனுபவஸ்தர்கள் கண்டுபிடித்த யுக்தி, உறவினர் அனைவரையும் தற்காலிகமாக ஒரே குடும்பமாக்கிச் சேமித்துப் புதிய ஊரில் இறக்கிய பிறகு பிரித்துக் குடிவைப்பது. யுக்தி உத்தமமானதுதான், ஆனால் ஒரு குடும்பத்தில் எட்டுப் பேருக்கு மேல் ஆட்டம் அனுமதிக்காது, அந்த எட்டில் நாயும் பூனையும் அடக்கம்.

இந்த எட்டு என்கிற எண்தான் குடிபெயர்ப்பாளருடைய வாழ்க்கையின் தர்மசங்கடம். பத்துத் தலைமுறை வளர்க்க வேண்டும் என்று சங்கற்பம் செய்துகொண்டு ஆறாவது தலைமுறை வரை வந்தவருக்குப் பதினோரு நெருங்கிய பந்துக்கள் இருப்பார்கள். எவரை ஏற்றுவது, எவரை விடுவது? ஒரு காகிதத்தை எடுத்துப் பெயர்களை வரிசையாக எழுதுவார். பெரிய அத்தையின் பெயரை அடிப்பார். அவளுடைய தோட்டக்கலை பத்தாம் படியை எட்டியிருப்பது ஞாபகம் வர, அடித்ததன் மேலேயே மறுபடி எழுதுவார். நெடுநேரம் ஆலோசித்த பின்பு சொந்தச் சித்தப்பாவை விட்டுவிட்டுப் பூனையை ஏற்றிக்கொள்வார். காரணம் கேட்டால், சித்தப்பாவைப் புதிதாகப் படைத்துக்கொள்ளலாம், அந்தப் பூனையின் ரோம வர்ணம் மறுபடி அமையாது என்பார். அவருடைய நியாய சாஸ்திரத்தில் இதற்கு மறுப்பு இல்லை.

இத்தனை சிரத்தையோடு செய்தும், சில சமயம் எட்டில் அடங்காத உறவினரை இரண்டாவது மூட்டையாகக் கட்டிக் கொண்டுவருவார். அதன் பலனை நான் கண்ணாரக் கண்டேன். முதல் மூட்டையில் அக்காள் வந்து குடியேறியிருந்தாள். இரண்டாவது மூட்டையில் தம்பி வந்து எதிர்வீட்டில் இறங்கியிருந்தான். புதிதாகக் குடிவந்தவர்களை அயலார் கூடி வந்து வரவேற்பது அந்த ஆட்டத்தின் சம்பிரதாயம். ஒருவர் கையில் உலர்பழக் கேக் ஒன்றும் இருக்கும். வாசல் மணி அடித்தது. அக்காள் கதவைத் திறந்தாள். அவள் இடுப்பில் தூக்கி வளர்த்த தம்பி, கேக்கை ஏந்திக்கொண்டு, முன்பின் அறியாத அந்நியன் என்ற முறையில் அவளுக்குக் கைகொடுத்துத் தன் பெயரைச் சொன்னான்! குடிபெயர்ப்பாளர் தலையில் கைவைத்துக்கொண்டார். விஷயம் அதோடு நின்றால் துக்கம் ஆறிவிடும். உறவு அழிந்துவிட்ட இருவரை ஆட்டமும் உறவற்றவர்களாகவே மதிப்பதால், அவர்கள் ஒருவர்மேல் ஒருவர் காதல் கொள்வதற்கும் அதில் தடை கிடையாது. அன்றிலிருந்து அக்காள் தம்பி இருவரும் ஒரே அறையில் சந்திக்காதபடி காவல் இருப்பதே அவருக்கு முழுநேர உத்தியோகமாயிற்று. உறவு அளவைக் கூட்டுகிற ரகசியக் கட்டளை ஒன்று உண்டு. அதைத் தட்டிப் பார்த்தார். நட்பின் பச்சைக் கோடு நிமிஷத்தில் நிரம்பிவிட்டது. அக்காள் தம்பி என்கிற சம்பந்தம் மட்டும் ஏறவில்லை.

இதைவிடப் பெரிய விபத்து ஒன்று உண்டு. லைப்ரரியிலிருந்து எடுத்து வைப்பது அசலை நகர்த்துவது அல்ல, நகல் எடுப்பது. முன்பே அந்தச் சேவில் குடிவைத்ததை மறந்து மறுபடி ஒரு தரம் வைத்துவிட்டால், ஊரில் ஒரே முகமும் ஒரே பெயரும் ஒரே பச்சைச் சட்டையும் உடைய இரண்டு பேர் உலாவுவார்கள். பூங்காவில் சந்தித்து, வானிலையைப் பற்றி மரியாதையாகப் பேசிக்கொள்வார்கள்.

இதையெல்லாம் குறையாகச் சொன்னால் அவர் சரித்திர ஆதாரம் காட்டத் தொடங்கிவிடுவார். முதல் ஆட்டத்திலேயே இருந்த காத் குடும்பம் இரண்டாம் பதிப்பில் கால் நூற்றாண்டு மூத்து வந்ததையும், மூன்றாம் பதிப்பில் பழைய காலத்துக்கே திரும்பிப் போனதையும், நான்காம் பதிப்பில் முன்கதையோடு ஒட்டாத வேறொரு காலத்தில் உட்கார்ந்திருப்பதையும் எடுத்துக்காட்டி, படைத்தவர்களே இப்படிப் பெயர்க்கும்போது தம்மை மட்டும் குற்றம் சொல்வானேன் என்பார். அவருடைய பிரதான சாட்சி பெல்லா காத். 2004இல் வந்த இரண்டாம் பதிப்பில், பிளசன்ட்வியூ ஊரில் கணவனையும் பிள்ளைகளையும் விட்டுக் காணாமற்போன பெல்லா, ஸ்ட்ரேஞ்ச்டவுன் என்கிற வேறோர் ஊரில் தென்படுவாள். ஆனால் இரண்டு ஊரும் தனித்தனி உலகங்கள் ஆகையால் அவளை வீடு கொண்டுபோய்ச் சேர்க்க நேர்வழி கிடையாது. அந்தப் பதிப்பின் ஆட்டக்காரர்களிடம், ஆள் குடியிருக்கிற வீட்டை ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குக் கொண்டுபோகாதே என்கிற எச்சரிக்கை வேதவாக்காக வழங்கிவருகிறது. இல்லாத மனிதர்களைப் பற்றிய ஞாபகங்களையும் கூடவே சுமந்துபோய் அந்த ஊரின் கோப்பையே அது கெடுத்துவிடும். 2009இல் வந்த மூன்றாம் பதிப்புக்கோ, 'போர்ட்டர்' என்று ஒரு மாட், அதாவது ரசிகர்கள் எழுதிச் சேர்த்த துணை நிரல், உண்டு. பல குடும்பங்களை உறவோடு சேர்த்துக் கட்டி வேறு சேவில் இறக்கித்தரும். அதைப் பற்றிப் பேசும்போது குடிபெயர்ப்பாளருடைய குரல் தழுதழுக்கும். நான்காம் பதிப்பில் அதற்கு ஈடாக ஒன்றும் ஆட்டத்தோடு வரவில்லை என்பது அவருடைய ஆயுட்கால ஆதங்கம். இந்த ஒரு விஷயத்தில் நானும் அவர் பக்கம்தான்.

மனிதர்களைப் பெயர்ப்பதே இவ்வளவு என்றால் வீடுகளைப் பெயர்ப்பது வேறொரு காண்டம். அறுபத்து நான்குக்கு அறுபத்து நான்கு மனையில் கட்டிய மாளிகை முப்பதுக்கு இருபது மனையில் அமராது. இதற்காகவே அவர் நியூக்ரெஸ்ட் என்னும் ஊரை நேசிக்கிறார். 2015இல் இலவசமாகத் தரப்பட்ட அந்த ஊரில் பதினைந்து மனைகள், எல்லாம் காலி. ஒன்றன்மேல் ஒன்றாகச் சாமான்களை நெருக்கி வைத்திருந்தால், பெயர்க்கும் முன் அதற்குரிய ரகசியக் கட்டளையைத் தட்டியாக வேண்டும். தட்ட மறந்தால் அலமாரி வரும், அலமாரிமேல் அழகாக அடுக்கிய பாத்திரங்கள் வாரா. பணம் போதாவிட்டால் 'மதர்லோட்' என்று தட்டுவார், ஐம்பதாயிரம் சிமோலியன் கைக்கு வரும். அந்த விஷயத்தில் அவருக்கு மனசாட்சி உறுத்துவதில்லை.

புதிதாக ஆட வந்தவர்களுக்கு உபதேசம் செய்வதில் அவருக்கு அலாதிப் பிரியம். இணையத்திலிருந்து இறக்கிக்கொண்ட சிகை, சேலை, சோபா முதலிய 'சிசி' எனப்படும் சரக்குகளைப் புதிய சேவுக்கு எப்படிக் கொண்டுபோவது என்று கேட்கும் அப்பாவிகளிடம், அவை மாட்ஸ் கோப்புறையில் இருந்தாலே எல்லாச் சேவுக்கும் பொது என்பதை அவர் ஒரு வாக்கியத்தில் சொல்லிவிடலாம், சொல்லமாட்டார். டிரே கோப்புறையில் ஒரே எண்ணைத் தாங்கிய அரை டஜன் கோப்புகள் சேர்ந்துதான் ஒரு குடும்பம் ஆகிறது என்பதிலிருந்து தொடங்குவார். லைப்ரரி வெறுமையாகத் தெரிந்தால் பதறாமல், சிசி உள்ளவற்றையும் காட்டு என்கிற கட்டத்தில் குறியிட வேண்டும் என்பார். ஆட்டத்துக்குப் புதுத் திருத்தம் வந்ததும் மாட்கள் எல்லாம் தாமாகவே அணைக்கப்பட்டுவிடும், அவற்றை மறுபடி இயக்கினால் ஏதோ ஒன்று பழுதாகி நிற்கும், எது என்று கண்டுபிடிக்கப் பாதியை வெளியே எடுத்துவைத்து ஆட்டத்தைத் திறக்க வேண்டும், பழுது நீங்காவிட்டால் எஞ்சியதில் பாதி, அதிலும் பாதி என்று பிராணன் போகும்வரை விவரிப்பார். கேட்டவர் எழுந்து போய் வெகுநேரம் ஆகியிருக்கும்.

இவ்வளவு பாடுபடும் மனிதர் ஆட்டத்தை ஆடுகிறாரா என்றால், அதுதான் இல்லை. ஒரு நாள் மனம் பொறாமல் கேட்டுவிட்டேன்: "ஏன் சார், இந்தக் குடும்பத்தை வைத்துக்கொண்டு எப்போதுதான் ஆடப் போகிறீர்கள்?"

"ஆடலாம் சார், என்ன அவசரம்? முதலில் ஊர் ஒழுங்காகட்டும்."

"ஒழுங்காகத்தானே இருக்கிறது? வீடு வந்துவிட்டது, எல்லோரும் வந்துவிட்டார்கள்."

"சித்தப்பா வரவில்லையே!" என்றார் அவர், குற்றம் என்னுடையது என்கிற தோரணையில், சொல்லிவிட்டு, சித்தப்பாவை அழைத்துவர மறுபடியும் பழைய சேவைத் திறந்தார். அங்கே சித்தப்பாவுக்கு இதற்குள் கல்யாணம் ஆகியிருந்தது. புது மனைவிக்கு முதல் தாரத்துப் பிள்ளைகள் மூன்று பேர். குடிபெயர்ப்பாளர் காகிதத்தை எடுத்துப் பெயர்களை எழுதத் தொடங்கினார்.

உங்கள் வீட்டிலும் இப்படி ஒருவர் இருந்தால், அவரைத் திருத்தப் பார்க்காதீர்கள், திருந்தமாட்டார். ஆனால் என்றைக்காவது நடுநிசியில் பழைய ஊரின்மேல் தவறுதலாக எதையோ சேவ் செய்துவிட்டேன் என்று அவர் அலறிக்கொண்டு எழுந்தால், சேவ்ஸ் கோப்புறையில் அந்தச் சேவின் முந்தைய ஐந்து பிரதிகளை ஆட்டமே பத்திரப்படுத்தி வைத்திருக்கிறது என்றும், சேவைத் திறக்கும் 'லோட் கேம்' பக்கத்தில் 'ரெகவர் சேவ்' என்கிற பொத்தான் வழியாக அவற்றில் ஒன்றை மீட்டுக்கொள்ளலாம் என்றும் எடுத்துச் சொல்லுங்கள். அதையும் பதற்றத்தில் அவர் இன்னும் ஐந்து முறை சேவ் செய்து தொலைப்பதற்கு முன்னால் சொல்லுங்கள்.