தங்கத்தை விட்டுவிட்டுக் கப்பலேறியவர்

வட்டக்கோட்டைப் பக்கம் பனிக்கட்டியைப் பார்க்க வேண்டுமென்றால் மீன் பெட்டியைத்தான் திறக்க வேண்டும். ஆகவே 1908 லண்டன் ஒலிம்பிக்கில் பனிமேல் காலாலேயே கோலம் போட்டுத் தங்கம் வாங்கி, 1912இல் துப்பாக்கிப் போட்டிக்கும் போய் நின்ற ரஷ்யர் நிகோலாய் பானினைப் போல ஒருவரை இங்கே தேடிப் புண்ணியமில்லை.

ஆனால் அணி மாறி ஆடியவர் உண்டு. இந்தக் கோட்டையைக் கருங்கல்லில் எடுத்துக் கட்டிய டிலனாய், 1741இல் டச்சுக்காரர்களுக்காகக் களமிறங்கிக் குளச்சலில் தோற்றுப் பிடிபட்டார். திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மா அவரைத் தம் படைக்கே பயிற்சியாளராகப் போட்டுவிட்டார். ஏலம் கீலம் ஒன்றும் கிடையாது. ஆள் 'வலிய கப்பித்தான்' ஆகி, உதயகிரிக் கோட்டைக்குள் கௌரவமாக அடங்கியிருக்கிறார்.

சென்னையின் எம்.ஜே. கோபாலனுக்கு வந்த சிக்கல் வேறு. அவருக்குக் கிரிக்கெட், ஹாக்கி இரண்டு அணிகளும் சொந்த அணிகள்.

1934 ஜனவரியில் ஜார்டினின் இங்கிலாந்துக்கு எதிராகக் கல்கத்தாவில் ஒரு டெஸ்ட். அதே வருஷம் நவம்பர் 4 அன்று சேப்பாக்கத்தில் ரஞ்சிக் கோப்பையின் முதல் பந்தை வீசியவரும் அவர்தான். அந்த ஆட்டம் ஒரே நாளில் முடிந்துபோனது. சென்னையின் ராம்சிங் 11 விக்கெட்டை அள்ளி மைசூரை மாலைக்குள் மூட்டை கட்ட வைத்தார். மறு வருஷம் கோபாலன் மட்டையை மாற்றிக்கொண்டு தியான் சந்தின் ஹாக்கி அணியோடு நியூசிலாந்து போனார். அந்தப் பயணத்தில் 48 ஆட்டம், 584 கோல். எதிரணிகளை நினைத்தால் பாவமாக இருக்கிறது.

வினை 1936இல் வந்தது. பெர்லின் ஒலிம்பிக்கா, இங்கிலாந்து கிரிக்கெட் பயணமா? கோபாலன் கிரிக்கெட்டைப் பிடித்தார். சனி அவரைப் பிடித்தது.

சனியின் பெயர் விஜி. விஜயநகரம் மகாராஜகுமாரர், அணித்தலைவர். 36 பெட்டிகளும் இரண்டு வேலைக்காரர்களும் புடைசூழக் கப்பலேறியவர். மூன்று டெஸ்டிலும் சேர்த்து அவர் அடித்தது 33 ரன். பெட்டிக்கு ஒன்று என்று வைத்தால்கூட மூன்று குறைகிறது! நன்றாக ஆடிக்கொண்டிருந்த அமர்நாத்தை முதல் டெஸ்டுக்கு முன்பே ஊருக்கு அனுப்பினார்கள். விஜிக்கு ஆகாத சி.கே. நாயுடுவைக் காலைச் சாப்பாட்டு மேசையில் ஏசியதற்குக் கூலியாகத்தான் பாகா ஜிலானிக்கு டெஸ்ட் கிடைத்தது என்றொரு கதை உண்டு. கோபாலனுக்கு ஏசத் தெரியவில்லை போலும். ஒரு டெஸ்டிலும் இடமில்லை. தொடர் 2-0 என்று போனது. தலைவருக்கு மட்டும் பயணத்தின் நடுவே 'சர்' பட்டம் கிடைத்தது. எதற்கென்று வெள்ளைக்காரனைத்தான் கேட்க வேண்டும்.

ஆகஸ்ட் 15 அன்று பெர்லினில் தியான் சந்தும் கூட்டாளிகளும் ஜெர்மனியை 8-1 என்று புரட்டியெடுத்துத் தங்கத்தை அள்ளினார்கள். ஓவலில் மூன்றாம் டெஸ்டும் அன்றுதான் தொடங்கியது, கோபாலன் ஆடவில்லை.

அதன்பிறகு அவருக்கு டெஸ்டும் வாய்க்கவில்லை, ஒலிம்பிக்கும் வாய்க்கவில்லை. சென்னையும் இலங்கையும் மோதிய கிரிக்கெட் கோப்பைக்கு அவர் பெயரை வைத்தார்கள். 2003 டிசம்பரில் காலமானபோது, உலகிலேயே உயிரோடிருந்த டெஸ்ட் ஆட்டக்காரர்களில் மூத்தவர் அவர்தான். விஜி 1965லேயே போய்ச் சேர்ந்திருந்தார்.