கண்ணி, அந்தாதி, கைக்குழந்தை: ஸ்வெட்டர் பின்னல் குறித்து ஓர் ஆய்வு

திருச்சியில் மே மாத வெயில் 40 டிகிரியைத் தொட்டுவிட்டுத்தான் இறங்கும். அப்படிப்பட்ட ஒரு பிற்பகலில், மின்விசிறிக்கு நேர் கீழே, மடியில் மஞ்சள் உல்லன் உருண்டையுடன் தொடங்கியது இந்த ஆய்வு. மகளுக்கு அப்போதுதான் வளைகாப்பு முடிந்திருந்தது. தலைப்பிரசவம் எங்கள் வீட்டில். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஐப்பசியில் அவள் குன்னூர் திரும்பும்போது, அங்கே வடகிழக்குப் பருவமழையும் குளிரும் சேர்ந்து வாசலில் காத்திருக்கும். ஆகவே ஒரு ஸ்வெட்டர் தேவை. "ஊட்டியில திபெத்தியர் கடைகள்ல விதவிதமா கிடைக்குது மாமா" என்றார் மாப்பிள்ளை. உண்மைதான். ஆனால் ஆய்வாளர்கள் இத்தகைய குறுக்கீடுகளைப் பொருட்படுத்துவதில்லை.

34 ஆண்டுகள் தமிழாசிரியராக இருந்தவருக்கு இந்த வேலை எதற்கு என்று வீட்டில் கேட்டார்கள். தமிழாசிரியனுக்குத்தான் இது உரியது என்பது என் துணிபு. முதற்சான்று, நூல். ஒரு நூல் எப்படி உருவாகிறது என்று விளக்கவந்த நன்னூல், சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், வாயைக் கையாகவும், அறிவைக் கதிராகவும் உருவகம் செய்கிறது. பவணந்தி முனிவர் நூற்பதோடு நிறுத்திக்கொண்டார். நூற்றதை அப்புறம் என்ன செய்வது என்பது பற்றி இலக்கண உலகம் ஏறத்தாழ 800 ஆண்டுகளாக வாய் திறக்கவில்லை. அந்தக் குறையை நீக்கவே இக்கட்டுரை.

இரண்டாம் சான்று, கண்ணி. ஊசியில் ஏறும் ஒவ்வொரு வளையத்துக்கும் கண்ணி என்று பெயர். தாயுமானவர் பாடியதும் கண்ணி. அவர் எங்கள் ஊர்க்காரர் என்பது தற்செயலாக இருக்க முடியாது. பராபரக்கண்ணியில் 389 கண்ணிகள். என் ஸ்வெட்டரின் முதுகுப்பக்கம் மட்டும் 60 கண்ணி அகலம், 84 வரிசை உயரம்; ஆக 5,040. தரத்தை ஒப்பிட வேண்டாம், எண்ணிக்கையைச் சொல்கிறேன். வேடன் பறவைக்கு வைப்பதும் கண்ணிதான், தரையில் புதைத்து வெடிப்பதும் கண்ணிதான் என்பதை அப்போது நான் கவனத்தில் கொள்ளவில்லை.

மூன்றாம் சான்றுதான் அசைக்க முடியாதது. ஒரு வரிசை முடிந்ததும் ஊசியைத் திருப்பிப் பிடிக்கிறோம். போன வரிசையின் கடைசிக் கண்ணியே இந்த வரிசையின் முதற்கண்ணி. இது அந்தாதி அல்லாமல் வேறென்ன? அபிராமி பட்டர் அந்தாதி பாடியபோது கீழே நெருப்பு எரிந்ததாகச் சொல்வார்கள். திருச்சியில் மே மாதம் அந்த ஏற்பாடு தனியாகத் தேவையில்லை.

இவ்வளவு சான்றுகள் கையில் இருக்கும்போது, ஸ்வெட்டரைக் கண்டுபிடித்தவன் தமிழனே என்று முடித்துவிட்டுப் பொன்னாடை போர்த்திக்கொள்வதுதான் மரபு. மனசாட்சி இடம் கொடுக்கவில்லை. இன்று கிடைக்கும் மிகப் பழைய ஊசிப்பின்னல்களில் எகிப்துப் பருத்திக் காலுறைகள் முக்கியமானவை. 11, 12ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்தவை என்கிறார்கள். குழந்தைச் சட்டைக்கு நேரடிச் சான்று வேண்டுமானால் ஜெர்மனிக்குப் போக வேண்டும். ஹாம்பர்க் அருங்காட்சியகத்தில் இருக்கும் ஒரு பழைய பலிபீட ஓவியம், 1400ஐ ஒட்டி மாஸ்டர் பெர்ட்ராம் வரைந்தது. அதில் அன்னை மரியா நான்கு ஊசிகளை வைத்துக்கொண்டு சிறு சட்டை ஒன்றின் கழுத்தைப் பின்னிக்கொண்டிருக்கிறார். கலை விமர்சகர்கள் எதிரே நிற்கும் வானதூதர்களைப் பார்ப்பார்கள். நான் பார்த்தது தரையில் இருக்கும் குழந்தையை. குழந்தை புத்தகம் படித்துக்கொண்டிருக்கிறது! கழுத்து வேலை முடிவதற்குள் பிள்ளைக்கு எழுத்தறிவு வந்துவிட்டது. இந்த ஆய்வின் மையக் கருத்தை 600 ஆண்டுகளுக்கு முன்பே ஒருவர் வரைந்து வைத்துவிட்டார்.

அடுத்து, மாதிரியைத் தேர்ந்தெடுத்த கதை. முன்பக்கம் திறந்து பித்தான் வைப்பது கார்டிகன். கழுத்திலிருந்து அக்குளுக்குச் சாய்வாக இறங்குவது ராக்லன் கை. இரண்டுமே கிரிமியப் போரில் இருந்த ஆங்கிலப் பிரபுக்களின் பெயர்கள். 1854 அக்டோபர் 25 அன்று பாலக்ளாவாவில் பீரங்கிகளை நோக்கிக் குதிரைப்படையை நடத்திச் சென்று, பலரைப் பறிகொடுத்தவர் கார்டிகன். அவருக்கெல்லாம் மேலே தளபதியாக இருந்தவர் ராக்லன். அந்த ஊரின் பெயரோ மார்கழி விடியலில் நம்மூர்ப் பெரியவர்கள் மாட்டிக்கொண்டு நடக்கும் மங்கி குல்லாவுக்கு வாய்த்தது. ஒரு போரிலிருந்து மூன்று கம்பளி உருப்படிகள். சிசுவின் உடம்பில் தோற்றுப்போன தாக்குதலின் சின்னம் எதற்கு என்று, கொள்கை அடிப்படையில் பித்தானை நிராகரித்தேன். தலைவழியே மாட்டும் ஸ்வெட்டர் என்று முடிவாயிற்று. இந்த முடிவைப் பிறகு பார்ப்போம்.

குரு, எதிர்வீட்டு டீச்சரம்மா. குன்னூரை அடுத்த வெலிங்டனில் பிறந்து வளர்ந்தவர். பின்னலுக்கு நிட், பர்ல் என்று இரண்டே அசைகள் என்றார். நேர், நிரை என்று குறித்துக்கொண்டேன். ஒருபக்கம் நிட், மறுபக்கம் பர்ல் என்று மாற்றி மாற்றிப் போட்டால் வெளியே சடைபோலவும் உள்ளே மேடுமேடாகவும் வரும். புரியாதவர்கள் போட்டிருக்கும் திருப்பூர் பனியனைத் திருப்பிப் பார்க்கலாம். சாதா பனியன் எல்லாமே இந்தப் பின்னல்தான். அதற்கு மூலமான எந்திரத்தை 1589இல் வில்லியம் லீ என்ற ஆங்கிலேயர் செய்துவிட்டார். என்னைப் போன்றவர்களைக் காணச் சகிக்காமல் செய்திருப்பார் என்று இப்போது தோன்றுகிறது.

ஊசி நம்பர் ஏற ஏற ஊசி மெலியும் என்பது இன்னொரு விதி. 10ஆம் நம்பர் 3.25 மில்லிமீட்டர், 12ஆம் நம்பர் 2.75. வகுப்பு ஏற ஏறத் தமிழ் மெலிந்த பிள்ளைகளைப் பார்த்தவனுக்கு இதில் வியப்பில்லை. உல்லன் என்று கடையில் கொடுத்தது அக்ரிலிக். ஆட்டுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. குழந்தைக்கு அரிக்காது, அதனால் நல்லதுதான் என்றார் டீச்சரம்மா.

இனி முடிவுகள். பதினைந்தாம் வரிசையில் டீச்சரம்மா வந்து பார்த்தார்.

"எத்தனை கண்ணி சார் போட்டீங்க?"

"60ம்மா."

"67 இருக்கே?"

"வளர்ந்திருக்கும்."

அவர் சிரிக்கவில்லை. வரிசைத் தொடக்கத்தில் நூலை ஊசிக்கு மேலாக இழுத்துப் பிடித்தால், முதற்கண்ணி தன் இரண்டு காலையும் தூக்கிக் காட்டி இரண்டு கண்ணிபோல நிற்குமாம். கற்றுக்குட்டி இரண்டையும் தனித்தனியே பின்னிவிடுவானாம். இன்னோரிடத்தில் ஒரு கண்ணி நழுவி, ஏணிபோல ஆறு வரிசை கீழே இறங்கியிருந்தது. வேறோரிடத்தில் கண்ணியின் பின்காலில் ஊசியை விட்டதால் அது முறுக்கிக்கொண்டு கிடந்தது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. இல்லாதது வந்தால் தோன்றல், இருந்தது மறைந்தால் கெடுதல், முறுக்கிக்கொண்டால் திரிதல். மூன்று விகாரங்களையும் 34 ஆண்டுகள் கரும்பலகையில் நடத்தியிருக்கிறேன்; ஒருநாளும் இப்படி மடியில் வந்து உட்கார்ந்ததில்லை. "பிரிச்சிடுங்க சார்" என்றார் டீச்சரம்மா. இயல்பு புணர்ச்சிக்குத் திரும்ப அதுதான் வழி.

அளவுச் சிக்கலும் உண்டு. 10ஆம் நம்பர் ஊசியில் நான்கிழை நூலுக்குப் பத்து சென்டிமீட்டரில் 28 கண்ணி என்பது கணக்கு. 60 கண்ணிக்கு ஏறக்குறைய 21 செ.மீ. அகலம் வர வேண்டும். முதுகுப்பக்கத்தைப் பயந்து பயந்து தளர்த்தியாகப் பின்னினேன், 25 வந்தது. முன்பக்கத்தைத் தொலைக்காட்சி விவாதங்களைப் பார்த்துக்கொண்டே பின்னினேன். கை தானாக இறுகி 19இல் நின்றது. கூட்டினால் 44. திட்டமிட்டது 42 சொச்சம். சராசரி சரியாகத்தான் இருக்கிறது. பக்கத் தையல் மட்டும் விலாவை விட்டுவிட்டு நெஞ்சுக்கு வந்துவிட்டது.

முழு ஸ்வெட்டருக்கும் கைகளையும் சேர்த்துச் சுமார் 14,500 கண்ணி. நிமிடத்துக்குப் பத்து என்றால் 24 மணி நேர வேலை. தினம் ஒரு மணி நேரம் உட்கார்ந்தால் ஒரு மாதம்கூட ஆகாது. எனக்குப் பத்து மாதம் ஆயிற்று. பிரித்த கண்ணிகளையும் எண்ணினால் நான் மூன்று ஸ்வெட்டர் பின்னியிருக்கிறேன், கையில் இருப்பது ஒன்று. ஐப்பசியில் மகள் கிளம்பியபோது ஒரு கை பாக்கி. "மாசிக்குள்ள குடுத்துடறேம்மா" என்றேன். "குளிர் போனப்புறமா அப்பா?" என்றாள்.

இங்கேதான் மையக் கருத்து. என் ஸ்வெட்டரின் உயரம் 24 செ.மீ.; பத்து மாதத்தில் வளர்ந்தது, மாதத்துக்கு 2.4 வீதம். பேத்தி பிறக்கும்போது 50 செ.மீ., ஏழாம் மாதத்தில் 68. மாதத்துக்கு ஏறத்தாழ 2.6. குழந்தை, ஸ்வெட்டரை மாதந்தோறும் முந்திக்கொண்டே போகிறது. அவள் ஒரு வரிசையையும் பிரித்துப் போடுவதில்லை என்பதே காரணம்.

மாசிக் கடைசியில் குன்னூர் போய்ப் போட்டுப் பார்த்தோம். கழுத்தை மூடும்போது அவிழ்ந்துவிடுமோ என்ற பயத்தில் இறுக்கியிருந்தேன். தலை நுழையவில்லை. ஸ்வெட்டர் நெற்றிவரை வந்து நின்றுகொண்டது; உள்ளே இருந்தபடி அவள் கத்திய கத்தல் எந்த யாப்பிலும் அடங்காது. "பித்தான் வச்சிருந்தா சுலபமா போயிருக்கும்" என்றாள் மனைவி. லார்டு கார்டிகனைப் பற்றி எடுத்துச் சொன்னேன். யாரும் கேட்கவில்லை.

பழனி மலைப்பக்கம் ஆண்ட பேகன் மயிலுக்குப் போர்வை கொடுத்தானே, அது போர்த்திக்கொள்ளாது என்று தெரிந்தேதான் கொடுத்தான் என்று பரணர் புறநானூற்றில் பாடியிருக்கிறார். அவனைக் கடையெழு வள்ளல்களில் ஒருவனாகச் சேர்த்துக்கொண்டார்கள். என் விஷயத்தில் அப்படி எந்த அறிகுறியும் தென்படவில்லை.

ஆகவே வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஸ்வெட்டர் தயாராக இருக்கிறது. மார்புச் சுற்று 44 செ.மீ., கழுத்து வாய் 36, வலது கை 15, இடது கை 17. மார்பளவில் ஏழு மாதமும் தலையளவில் ஏழு நாளும் ஆன குழந்தை யார் வீட்டிலாவது இருந்தால் தெரிவியுங்கள், கொண்டுவந்து கொடுக்கிறேன். மஞ்சள் நிறம். கையால் அலசுங்கள். இஸ்திரி போட வேண்டாம், உருகிவிடும்.