பொன்மொழியார்

செந்துறையில் விடியுமுன் எழுந்திருப்பவர்கள் பால் கறப்பவர்கள், டீக்கடைக்காரர், பொன்மொழியார். மற்றவர்களுக்கு வேலை இருக்கிறது. பொன்மொழியாருக்குக் கடமை இருக்கிறது. பல் விளக்குவதற்கு முன்பே ஊரின் பன்னிரண்டு வாட்ஸ்அப் குழுக்களுக்கும் தன்னம்பிக்கை போய்ச் சேர்ந்தாக வேண்டும்.

படம் தேர்ந்தெடுப்பதில்தான் அவருக்குச் சிக்கல். சூரியன் போட்டால் ஒரு கட்சி, இலை போட்டால் இன்னொரு கட்சி, தாமரை போட்டால் வம்பு; மாம்பழம், பானை பக்கமே தலைவைக்கக் கூடாது. கடைசியில் ரோஜாவும் கிளியும்தான் மிஞ்சின. அதனால் எங்கள் ஊரில் உலகத்தின் எல்லாத் தத்துவங்களையும் ஒரு கிளி பக்கத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கும்.

ஏதோ ஒரு அலுவலகத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். சொந்தப் பெயர் ரேஷன் கார்டில் பத்திரமாக இருக்கிறது. செல்போன் வருவதற்கு முன்னால் இந்த இனம் பள்ளிக்கூடக் கரும்பலகையின் மேல்மூலையில் ‘இன்றைய பொன்மொழி’ எழுதிக்கொண்டு அமைதியாக வாழ்ந்தது. மணி அடித்தால் டஸ்டர் வந்து துடைத்துவிடும். இப்போது துடைக்க ஆளில்லை. ஊக்கமுடைமை, மடியின்மை, ஆள்வினையுடைமை, இடுக்கண் அழியாமை என்று திருக்குறளில் 60 முதல் 63 வரை அடுத்தடுத்து நாலு அதிகாரம். நாற்பது குறளில் விஷயத்தை முடித்துக்கொண்டு வள்ளுவர் அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விட்டார். நம்மவர் நாளுக்கு நாலு வீதம் பத்தே நாளில் அவரை எட்டிப் பிடித்து, பதினோராம் நாள் தாண்டிவிடுகிறார்.

யார் சொன்னது என்பதில் அவருக்குப் பிடிவாதம் கிடையாது. திங்கட்கிழமை விவேகானந்தர் சொன்னதை வியாழக்கிழமை பில் கேட்ஸ் சொல்வார். ஒருநாள் அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்று ஐன்ஸ்டீன் சொல்லியிருந்தார். “ஐன்ஸ்டீன் வீட்டுல அம்மி இருந்துச்சாண்ணே?” என்று டீக்கடையில் ஒருவர் கேட்டுவிட்டார். “கருத்தப் பாருப்பா, ஆளப் பாக்காத” என்றார் பொன்மொழியார். இதையும் மறுநாள் யாராவது ஒரு மேதை சொல்லியிருப்பார் என்று எதிர்பார்த்தோம், சொல்லவில்லை.

வாட்ஸ்அப் நிறுவனம் இவரைப் போன்றவர்களோடு மல்லுக்கட்டியே களைத்துப்போனது. வதந்தி பரவுகிறது என்று 2018-இல் இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து பேருக்கு மேல் தள்ளிவிட முடியாதபடி கட்டுப்படுத்தினார்கள். கை மாறிக் கை மாறி வந்த செய்தி என்றால் ஒருமுறைக்கு ஒருவருக்குத்தான் அனுப்பலாம் என்று 2020-இல் இன்னும் இறுக்கினார்கள். பொன்மொழியார் அசரவில்லை. எல்லாவற்றையும் தானே புதிதாகத் தட்டச்சு செய்து அனுப்ப ஆரம்பித்தார். இந்தியர்களின் போன்கள் ஏன் இப்படி அடைத்துக்கொள்கின்றன என்று கூகுள்காரர்கள் ஆராய்ந்து, காலை வணக்கப் படங்கள்தான் காரணம் என்று கண்டுபிடித்த கதையை 2018-இல் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் பத்திரிகை எழுதியது. “நம்ம சேவை அமெரிக்கா வரைக்கும் தெரிஞ்சிருக்கு” என்று அதையும் குழுவில் போட்டார்.

குறை சொல்லக் கூடாது, சொந்தச் சரக்கும் அவரிடம் உண்டு. அதற்கு ஊரையே மூலப்பொருளாக்கிக் கொள்வார். விருத்தாசலத்திலிருந்து திருச்சி போகும் கார்டு லைனில் எங்கள் ஸ்டேஷனில் நிற்கிற ரயிலைவிட நிற்காமல் புழுதி கிளப்பிவிட்டுப் போகிற ரயில்கள்தான் அதிகம். ‘நிற்காத ரயிலுக்கு ஏங்காதே, நிற்கும் ரயிலில் ஏறு’ என்றார். முந்திரிக் காட்டைப் பார்த்து, ‘பழத்துக்கு வெளியே தொங்கினாலும் கொட்டைக்குத்தான் விலை, ஒதுக்கப்பட்டேன் என்று வருந்தாதே’ என்றார். அந்தக் கொட்டையை உடைத்து, தோட்டுப்பால் பட்டுக் கைத்தோல் உரிகிற பெண்கள் இதைப் படித்தார்களா என்றால், படிக்கவில்லை. உடைத்துக்கொண்டிருந்தார்கள்.

அவருடைய முழுநேர நோயாளி, பக்கத்துத் தெருவில் குரூப் 4 தேர்வுக்குப் படிக்கும் பையன். முதல்முறை அவன் கோட்டை விட்டபோது எங்கள் அரியலூர் மாவட்டத்தையே சாட்சிக்கு அழைத்தார். “2001-ல மாவட்டம் ஆனோம். 2002-ல திரும்ப பெரம்பலூரோட சேத்துட்டாங்க. 2007-ல மறுபடியும் மாவட்டம் ஆயிட்டோம்ல? ஒரு மாவட்டமே விழுந்து எந்திரிக்குது, உனக்கென்னடா?”

அடுத்த முறை கலாம் வந்தார். விமானப்படைத் தேர்வுக்கு டேராடூன் போன 25 பேரில் எட்டுப் பேரை எடுத்தார்கள், கலாம் ஒன்பதாவதாக நின்றார் என்று ‘அக்னிச் சிறகுக’ளில் உள்ளதைச் சொன்னார். “சார், நான் ஒம்பதாயிரத்துச் சொச்சம்” என்றான் பையன்.

விட்டாரா? பத்துக்கோடி ஆண்டுகளுக்கு முன்னால் இந்த வட்டாரத்தின் மேல் கடல் கிடந்ததையும், சுருண்ட அம்மோனைட் படிமங்கள் இன்றும் இங்கே மண்ணில் கிடைப்பதையும், சிமெண்ட் ஆலைகள் தோண்டுகிற சுண்ணாம்புக்கல் அந்தக் கடல் விட்டுப்போனதுதான் என்பதையும் விளக்கி, “கடலே நிலமாகும்போது நீ ஜூனியர் அசிஸ்டெண்ட் ஆக முடியாதா?” என்றார். பையன் யோசித்துவிட்டுச் சொன்னான்: “முடியும் சார். அதுவரைக்கும் ஏஜ் லிமிட் தாங்காது.”

தங்கள் மேலேயே நம்பிக்கை குறைந்தவர்களை ‘நான் அன்புக்குரியவன்’ என்று திரும்பத் திரும்பச் சொல்லவைத்தால் அவர்களுக்கு மனம் தேறுவதில்லை, இன்னும் சோர்ந்துதான் போகிறார்கள் என்று கனடாவில் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தின் ஜோஆன் வுட் குழுவினர் 2009-இல் ஆய்வுக் கட்டுரை எழுதினார்கள். பையனுக்கு அந்த ஆய்வு தேவைப்படவில்லை. அடுத்த ரிசல்ட் வந்த நாளன்று காலையில் ‘வெற்றி உன் வாசலில் நிற்கிறது’ என்று கிளி சொல்லியிருந்தது. வாசலில் ரீடிங் எடுக்க வந்த கரண்ட் ஆபீஸ்காரர் நின்றிருந்தார். நம்பர் வழக்கம்போல் இல்லை. பையன் போனை அணைத்துவிட்டுப் படுத்துவிட்டான்.

சாயங்காலம் பொன்மொழியார் டிவிஎஸ் ஃபிப்டியில் நேரில் வந்தார். பன்னிரண்டு குழுக்களின் தத்துவமும் இப்போது மொத்தமாக இறங்கப்போகிறது என்று வீட்டில் எல்லாரும் ஆளுக்கொரு வேலையாக நழுவினார்கள்.

“சாப்ட்டியாடா?”

“இல்ல சார்.”

“சாப்டு. மார்க்கக் காட்டு.” பார்த்தார். “தமிழ்ல தேறிட்ட. கணக்குலதான் போச்சு. நம்ம ரிட்டயர்டு கணக்கு வாத்தியார் சும்மாதான் திண்ணையில உக்காந்திருக்காரு. நாளையிலேருந்து சாயங்காலம் போ. காசு பத்தி நான் பேசிக்கிறேன்.” பிறகு சான்றிதழ்களை வாங்கிப் புரட்டினார். எழுத்தராக இருந்த கண் ஓரிடத்தில் நின்றது. “இன்ஷியல் ஒண்ணுல ஒரு மாதிரி, இன்னொண்ணுல வேற மாதிரி இருக்கு பாரு. காலையில இ-சேவைக்குப் போவோம். இப்பவே திருத்திரணும். செலக்ட் ஆனப்புறம் வெரிஃபிகேஷன்ல போய் அலையக் கூடாது.”

பையன் நிமிர்ந்து பார்த்தான். அவர் ஜெராக்ஸுக்குச் சில்லறை இருக்கிறதா என்று பையைத் துழாவிக்கொண்டிருந்தார்.

இந்த மாதிரி ஆள் உங்கள் ஊரிலும் இருப்பார். அவர் குழுவைத் தாராளமாக மியூட் போடுங்கள். கிளியையும் ரோஜாவையும் அழித்து போனில் இடம் பண்ணிக்கொள்ளுங்கள். நம்பரை மட்டும் பிளாக் செய்துவிடாதீர்கள். தாலுகா ஆபீஸில் எந்த மேஜையில் எந்தத் தாளை யாரிடம் எத்தனை மணிக்குக் கொடுக்க வேண்டும் என்பது ஐன்ஸ்டீனுக்குத் தெரியாது.